மணலாய்ப் புறப்பட்ட வளையம்

திருமலையில் தரிசனம் முடிந்து, லட்டும் வாங்கி, மொட்டைத் தலையில் பூசிய சந்தனமும் காய்ந்துவிட்ட குடும்பங்களுக்குக் கையில் அரை நாள் மிஞ்சும். ஜீப் பிடிப்பார்கள். பாபவிநாசம், ஆகாசகங்கை, ஸ்ரீவாரி பாதாலு, சிலாதோரணம் என்று டிரைவர் ஒரே மூச்சில் ஒப்பிப்பார். கடைசியாகச் சொன்ன இடத்தில் யாரும் அதிக நேரம் நிற்பதில்லை. கோயிலிலிருந்து ஒரு கிலோமீட்டர் சொச்சம், கம்பி வேலி, வேலிக்கு அப்பால் 8 மீட்டர் அகலமும் 3 மீட்டர் உயரமுமாக ஒரு கல் வளைவு. பெருமாள் மலைமேல் முதல் அடி வைத்தது ஸ்ரீவாரி பாதத்தில், இரண்டாம் அடி இங்கே, மூன்றாம் அடி இப்போது நின்றிருக்கும் இடத்தில் என்பார்கள். வளைவின் உயரமும் மூலவரின் உயரமும் ஒன்றுதான் என்பார்கள். செல்ஃபி எடுப்பார்கள். ஜீப் கிளம்பிவிடும்.

நம்பிக்கையைப் பற்றி எனக்குச் சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அங்கே அடிக்கடி காதில் விழும் இன்னொரு வாக்கியம் உண்டு: ஆசியாவிலேயே இது ஒன்றுதான். இதை மட்டும் ஒப்புக்கொள்ள முடியாது. சீனாவில் கஷ்கர் பக்கத்து மலைகளில் எரிக் ஷிப்டன் 1947இல் பார்த்துச் சொன்ன வளைவு, ஊர்க் கோபுரங்களையெல்லாம் உள்ளே நிறுத்திவிடும் அளவுக்குப் பெரியது. அவ்வளவு தூரம் போவானேன், அந்தமானின் நீல் தீவுக் கடற்கரையிலேயே ஒன்று இருக்கிறது. அமெரிக்காவின் யூட்டா மாநிலத்தில் ஆர்ச்சஸ் தேசியப் பூங்கா என்ற ஒரே இடத்தில் 2,000க்கும் மேல். திருமலை வளைவுக்கு இந்தப் பொய்ப் பெருமை தேவையே இல்லை. யூட்டாவின் வளைவுகள் மணற்கல்லில் ஆனவை. அது ஒப்பீட்டளவில் மெத்தென்ற கல், நீரும் காற்றும் குடைய இடம் கொடுக்கும். சிலாதோரணம் குவார்ட்சைட். உளி பட்டால் பொறி பறக்கும் அந்தக் கல்லில் ஒரு துளை விழுந்து, துளையின் மேல்பாகம் விழாமல் நிற்பதுதான் விசேஷம்.

அந்தக் கல்லின் கதை மலையில் தொடங்கவில்லை. சுமார் 250 கோடி ஆண்டுக்கு முந்தைய கிரானைட்டில் தொடங்குகிறது. திருப்பதி ஊருக்கும் சந்திரகிரிக்கும் அடியில் கிடப்பதும் அதே பழங்கல்தான். வெயிலும் மழையும் கிரானைட்டைச் சிதைக்கும்போது அதிலிருக்கும் ஃபெல்ஸ்பார் களிமண்ணாகிவிடும். குவார்ட்ஸ் மட்டும் மசியாது, மணலாக உதிரும். உதிர்ந்த மணலைப் பெயர் தெரியாத ஆறுகள் சுமந்துபோய், இன்று கடப்பா படுகை என்று அழைக்கப்படும் ஆழமற்ற கடலில் கொட்டின. புல் இல்லை, மீன் இல்லை, சிப்பிகூட இல்லாத காலம். நுண்ணுயிர்களைத் தவிர வேறு சாட்சி கிடையாது. இருந்தும் அந்தக் கடலின் அலைகள் மணலில் போட்ட வரிகளைச் சில பாறைப் பலகைகளில் இன்றும் விரலால் தடவிப் பார்க்கலாம்.

மணல்மேல் மணல் படிந்தது. இடுக்குகளில் ஊறிய நீர் சிலிக்காவை விட்டுச்சென்றது. அழுத்தம் மீதியைச் செய்தது. சாதாரண மணற்கல்லை உடைத்தால் பிளவு மணிகளைச் சுற்றிக்கொண்டு ஓடும். குவார்ட்சைட்டில் மணிகளையே வெட்டிக்கொண்டு ஓடும், ஒட்டும் பொருளும் ஒட்டப்பட்ட மணியும் ஒரே பலமாகிவிட்டதால். புவியியலார் இந்தப் பாறைக்கு நகரி குவார்ட்சைட் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். சித்தூர் மாவட்டத்து நகரிதான். சென்னையிலிருந்து திருப்பதி ரயிலில் போகிறவர்கள் திருத்தணி தாண்டி, ஏகாம்பரகுப்பம், புத்தூர் என்று வரும்போது சுவர் எழுப்பினாற்போல நிற்கும் குன்றுகளைப் பார்த்திருப்பார்கள். அதில் மூக்கு நீட்டிக்கொண்டிருக்கும் சிகரத்தைப் பழவேற்காட்டுப் பக்கம் வந்த கப்பல்காரர்கள் கடலிலிருந்தே அடையாளம் வைத்துக்கொண்டார்கள். ஆங்கிலேயர் வரைபடங்களில் அது நகரி மூக்கு.

இந்தக் கல்லின் கதையில் ஒரு பெரிய பள்ளமும் உண்டு. திருமலை மலைப்பாதையில் பஸ் வளைந்து வளைந்து ஏறும்போது ஓரிடத்தில் சாலையோரப் பாறைச் சுவரில் கீழே கிரானைட், மேலே குவார்ட்சைட் என்று இரண்டும் ஒன்றன்மேல் ஒன்று அமர்ந்திருப்பது தெரியும். இந்தியப் புவியியல் ஆய்வுத் துறை அதை தேசியப் புவியியல் நினைவுச் சின்னமாக அறிவித்திருக்கிறது. கீழ்க்கல்லுக்கு 250 கோடி வயது; மேல்கல்லுக்குச் சுமார் 160 கோடி. நடுவே எண்பது கோடி ஆண்டுக்கும் மேற்பட்ட காலத்துக்குப் பாறையில் பதிவே இல்லை. எல்லாம் அரித்துப் போய்விட்டது. உள்ளங்கையை வைத்தால் மூடிவிடக்கூடிய ஒரு கோடு, டைனசோர்கள் அழிந்ததிலிருந்து இன்றுவரையான காலத்தைப்போல் பன்னிரண்டு மடங்கை விழுங்கியிருக்கிறது. பஸ்ஸில் இருப்பவர்களுக்கு அந்த நேரத்தில் வாந்தி வராமல் பார்த்துக்கொள்வதே பெரும்பாடு.

கடல் வற்றி, படுகை மடிந்து, பலகை பலகையாகக் கல் உயர்ந்து சேஷாசலமானது. மேலிருந்த சுமை அரிபட்டுக் குறையக் குறையப் பாறை விரிந்து, செங்குத்தான வெடிப்புகள் விட்டன. படுக்கை வாட்டத்தில் அடுக்குகள், செங்குத்தில் வெடிப்புகள்: மலை முழுக்கவே செங்கல் அடுக்கியதுபோலப் பிரிந்துகிடந்தது. மழைநீர் வெடிப்புகளில் இறங்கியது. பலவீனமான அடுக்கை ஓடைகள் தின்றன. கீழே ஆதாரம் போனதும் மேலிருந்த துண்டுகள் ஒவ்வொன்றாய் விழுந்தன. ஓரிடத்தில் மட்டும் விழுவது நின்றது. இரண்டு பக்கமும் தூண்போலத் தடித்த பாறை, இரண்டையும் இணைக்கும் மெல்லிய கல்பாலம். அதுதான் சிலாதோரணம்.

ஏன் நின்றது? கல்லை அமுக்கினால் தாங்கும், இழுத்தால் தாங்காது. இழுவையைத் தாங்கும் சக்தி, அமுக்கத்தைத் தாங்கும் சக்தியில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்குதான். மலை முகத்திலிருந்து ஒரு கல்பலகை வெளியே நீட்டிக்கொண்டு, மறுமுனை அந்தரத்தில் இருந்தால், அது வளையும்; மேற்புறம் இழுபடும்; வேர் விட்ட இடத்தில் ஒருநாள் ஒடியும். அதே பலகை மறுபக்கத்துப் பாறையைத் தொட்டு நின்றால் சுமை ஒரு முனையில் தேங்காமல் இரு பக்கமும் வழிந்து தரைக்குப் போகிறது. அடிவயிற்றில் இழுபடும் துண்டுகள் தாமாகவே கழன்று விழுந்துவிடும். மிஞ்சுவது அமுக்கத்தில் இருக்கும் கல் மட்டும். அதன் வடிவம் வளைவு. தொங்கும் சங்கிலியின் உருவத்தைத் தலைகீழாக்கினால் சரியான வளைவு கிடைக்கும் என்று ராபர்ட் ஹுக் 1675இல் கண்டுசொன்னதும் இதே கணக்குத்தான். கட்டடக்காரன் அதைச் சாரம் கட்டி, கல் செதுக்கிச் சாதிக்கிறான். மலை வேண்டாததை உதிர்த்துச் சாதிக்கிறது.

2014இல் பிராகாவின் சார்லஸ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த யிர்ஷி ப்ருதான்ஸ் குழு இதைச் சோதனைச்சாலையில் செய்துகாட்டியது. மணற்கல் கட்டி ஒன்றின்மேல் பாரம் வைத்து நீரில் கரைத்தார்கள். கட்டி தேயத் தேய மீதிப் பாகத்தின்மேல் அழுத்தம் கூடியது; ஓர் அளவைத் தாண்டியதும் மணிகள் ஒன்றையொன்று இறுகப் பூட்டிக்கொண்டு கரைவது நின்றது. பாரத்தை எடுத்ததும் மிச்சமும் கரைந்து போயிற்று. இந்த முடிவை அப்படியே திருமலைக்குப் பொருத்திவிடக் கூடாது. அவர்களுடையது எளிதில் உதிரும் மணல். இங்கே இருப்பது இறுகிய குவார்ட்சைட், உதிர்வது மணிமணியாக அல்ல, வெடிப்பு வெடிப்பாக. ஆனால் பாரம் சுமக்கும் இடம் பிழைக்கிறது, சுமக்காத இடம் போகிறது என்ற ஒழுங்கு இரண்டுக்கும் பொது.

அந்தரத்தில் விட்ட முனைதான் பலவீனம் என்பதைக் கல்லை விடத் தாமதமாகத்தான் மனிதனின் இயந்திரங்கள் கற்றன. விமான இறக்கையோ, படகின் புரொப்பெல்லரோ, அடியில் அழுத்தம் கூடவும் மேலே குறையவும் இருப்பதால்தான் வேலை செய்கிறது. பிளேடு முடியும் நுனியில் கூடுதல் அழுத்தக் காற்று சுற்றிக்கொண்டு மேலே ஓடிவிடும். அங்கே ஒரு சுழல் பிறக்கும். எஞ்சின் கொடுத்த சக்தியில் ஒரு பங்கு அந்தச் சுழலில் வீணாகும். டிரோனின் காதைக் குடையும் ரீங்காரத்துக்கும் அந்தச் சுழல் முக்கியக் காரணம். நுனியே இல்லாவிட்டால்? லுட்விக் பிராண்டல் 1924லேயே இரண்டு இறக்கைகளை ஓரத்தில் இணைத்துப் பெட்டிபோல் மூடினால் இழுவை குறையும் என்று கணக்குப் போட்டுக் காட்டினார். காகிதத்தில் அது வெகுநாள் கிடந்தது.

2012இல் இசை நிகழ்ச்சிகளைப் படமெடுத்துக்கொண்டிருந்த கிரெக் ஷாரோ என்ற அமெரிக்கருக்கு அரங்குக்குள் டிரோன் விட ஆசை. சத்தம் பாட்டைக் கெடுத்தது. நுனியை மடக்கித் திரும்ப அச்சோடு சேர்த்துவிட்டால் என்ன என்று யோசித்ததில் வளைய பிளேடு பிறந்தது. ஆனால் அது பிழைப்பு நடத்தியது வானத்தில் அல்ல, மோட்டார் படகுகளின் பின்னால். மாசசூசெட்ஸின் எம்ஐடி லிங்கன் ஆய்வகத்தில் தாமஸ் செபாஸ்டியன் குழு டிரோனுக்கென்றே இன்னொரு வளைய புரொப்பெல்லரைச் செய்தது; 2022இல் அதற்கு ஆர் அண்டு டி 100 விருது கிடைத்ததும் இணையமெங்கும் வீடியோக்கள். ஆளாளுக்கு முப்பரிமாண அச்சில் செய்து பார்த்தார்கள். சிலருக்குச் சத்தம் குறைந்தது, சிலருக்கு உந்துவிசையும் சேர்ந்து குறைந்தது.

இதில் எனக்கு ஆச்சரியம் இல்லை. ஹெல்ம்ஹோல்ட்ஸ் 1858லேயே சொல்லிவிட்டார்: திரவத்துக்குள் ஒரு சுழல் பாதியில் அறுந்து நிற்க முடியாது, ஒரு சுவரில் முடிய வேண்டும், அல்லது தன் வாலைத் தானே பிடித்து வளையமாக வேண்டும். பீடிப் புகை வட்டமாக மிதப்பது அதனால்தான். உந்துவிசை வேண்டுமென்றால் சுழலும் உண்டு; மூடிய பிளேடு அதை ஒழித்துவிடாது, ஒரே நுனியில் குவியாமல் வளைவு நெடுகப் பரப்பிவிடும். மெலிதாகப் பரவிய சுழல் சீக்கிரம் கலைகிறது. ஓசையின் கூர்மையும் மழுங்குகிறது. விலையாக எடையும், செய்வதற்கான சிரமமும் கூடுகின்றன. சாதாரண பிளேடை அச்சில் வார்த்து நூற்றுக்கணக்கில் தள்ளிவிடலாம். இந்த வளையத்தை அச்சிலிருந்து உருவுவதே ஒரு வித்தை. படகுக்காரர்களுக்கு எரிபொருள் மிச்சம் அந்தச் செலவை ஈடுகட்டலாம். டிரோன் உலகம் இன்னும் கைகட்டி வேடிக்கை பார்க்கிறது என்பது என் எண்ணம்.

திருமலையில் அதைப் பரிசோதிக்க வழியில்லை. மலைமேல் டிரோனுக்குத் தடை. 2023 ஜனவரியில் கோயிலை மேலிருந்து எடுத்ததாக ஒரு வீடியோ பரவிப் பெரிய சர்ச்சையாகி, போலீஸ் புகார்வரை போயிற்று.

மலையின் வளையத்துக்கே திரும்புவோம். 1980களில் பாறைகளை ஆராய வந்த புவியியலார் கண்ணில் பட்டபிறகுதான் அது வெளியுலகுக்குத் தெரிந்தது. பக்கத்திலேயே சக்கர தீர்த்தம்; அங்கே காலங்காலமாக ஆள் நடமாட்டம் உண்டு. சுற்றியிருப்பவர்களுக்கு அந்தக் கல் முன்பே தெரியாமலா இருந்திருக்கும்? கண்டுபிடித்தது என்றால் பதிவேட்டில் ஏற்றியது என்றே நான் எடுத்துக்கொள்கிறேன். அதன்பின் நினைவுச்சின்னம் என்ற அந்தஸ்து வந்தது, பூங்கா வந்தது, வேலி வந்தது. 2010இல் சேஷாசலம் முழுதும் உயிர்க்கோளக் காப்பகமாயிற்று. 2022 ஏப்ரலில் சித்தூர் மாவட்டத்திலிருந்து பிரிந்த திருப்பதி மாவட்டத்தில் மலையும் சேர்ந்துகொண்டது. கல் இருந்த இடத்திலேயே இருந்தது, முகவரி மட்டும் மாறியது.

எந்த வளைவும் நிரந்தரம் இல்லை. யூட்டாவின் வால் ஆர்ச் 2008 ஆகஸ்டில் ஒரு ராத்திரியில் இடிந்தது. மால்டாவின் நீலச் சாளரத்தை 2017 மார்ச்சில் புயல் கொண்டுபோயிற்று. யூட்டா பல்கலைக்கழகத்தின் ஜெஃப்ரி மூர் குழு வளைவுகளின்மேல் நிலநடுக்கக் கருவி வைத்து அவற்றின் அதிர்வைக் கேட்டுவருகிறது. ஒவ்வொரு வளைவுக்கும் தனக்கென்று ஓர் அதிர்வெண். வெயிலில் கல் விரியும்போது அது நகரும், குளிர்ந்ததும் திரும்பும். வெடிப்பு ஏற்பட்டால் இறங்கியது ஏறாது. துளை போடாமல், கல்லைச் சுரண்டாமல் நாடி பார்க்கும் முறை இது. நெரிசல் நாளில் அவ்வளவு வண்டிகள் ஓடும் ஒரு மலைக்கு ரொம்பவே பொருத்தமானது.

பாறை நகராது என்று நினைப்பவர்களுக்கு 2021 நினைவிருக்கும். நவம்பரில் கொட்டிய மழையில் திருமலைப் படிக்கட்டுப் பாதையில் வெள்ளம் அருவியாக இறங்கியது. டிசம்பர் முதல் தேதி அதிகாலையில் இரண்டாம் மலைப்பாதையில் பெரும் பாறைகள் உருண்டு சாலையையே பெயர்த்துவிட்டன. ஐஐடி வல்லுநர்களை வரவழைத்துச் சரிவுகளைப் பார்த்தார்கள், சாலையைச் செப்பனிட்டார்கள். அன்று உருண்டது சிலாதோரணம் ஆன அதே குவார்ட்சைட்தான். வெடிப்பில் நீர் ஏறியது, அடியில் ஆதாரம் போனது, மறுமுனையில் முட்டி நிற்க அதற்கு எதுவும் கிடைக்கவில்லை.