கால்நகத்துக்கு வைத்தியம் பார்த்தவர்கள்

பாரிஸ் நகரின் ஓட்டேல் தியூ மருத்துவமனையில் 1815 முதல் தலைமை அறுவை மருத்துவராக இருந்தவர் குய்யோம் துப்புய்த்ரான். அன்றைய பிரான்ஸில் கத்தி பிடித்தவர்களில் பெரும்புள்ளி. கால் கட்டைவிரல் நகம் சதைக்குள் இறங்கிச் சீழ் வைத்த நோயாளி வந்தால், நேரான கூர்மையான கத்தரிக்கோலின் ஒரு அலகை நகத்துக்கும் சதைக்கும் நடுவே, நுனியிலிருந்து அடிவரை செருகுவார். ஒரே நறுக்கில் நகம் இரண்டாகும். பிறகு கெட்டுப்போன பாதியை இடுக்கியால் பிடித்து, உள்ளிருந்து வெளிப்பக்கமாகச் சுருட்டிப் பிடுங்குவார். மறுபாதியும் கெட்டிருந்தால் அதற்கும் அதே கதி. புடைத்து நிற்கும் சதையைப் பழுக்கக் காய்ச்சிய இரும்பால் சுடுவதும் உண்டு. கைதேர்ந்தவர் என்பதால் எல்லாம் நொடிகளில் முடியும். ஆனால் மயக்க மருந்து கிடையாது. ஈதர் கொடுத்தால் வலியில்லாமல் அறுக்கலாம் என்பதைப் பாஸ்டனில் உலகம் பார்த்த நாள் 1846 அக்டோபர் 16. துப்புய்த்ரான் 1835-இலேயே இறந்துவிட்டார்.

இத்தனை வதைக்குப் பிறகும் பலருக்கு நகம் பழைய அகலத்தில், பழைய வளைவோடு திரும்ப முளைத்தது. அதுதான் கொடுமை.

ஏன் முளைத்தது என்பதற்கான விடை நகத்தின் அடியில் இருக்கிறது. கண்ணுக்குத் தெரியும் நகம் உயிரற்ற கெரட்டின் தகடு. அதை உண்டாக்கும் வேர்த்திசு தோல் மடிப்புக்கு உள்ளே, விரலின் கடைசி மூட்டுக்குச் சற்று முன்புவரை பரவியிருக்கிறது. அந்த வேர் எவ்வளவு அகலமோ அவ்வளவு அகலத்துக்கு நகம் வரும். வேர் கோணினால் நகமும் கோணும். கைநகம் மாதத்துக்குச் சுமார் 3 மில்லிமீட்டர் வளர்கிறது. கால்நகத்துக்கு அதில் பாதிதான். கால் கட்டைவிரல் நகம் அடியிலிருந்து நுனிவரை புதிதாக வர ஒரு வருடம் முதல் ஒன்றரை வருடம் ஆகும். துப்புய்த்ரானின் நோயாளிகள் அத்தனை மாதம் காத்திருந்து, வேர் தொடப்படாததால் அதே நகத்தைத் திரும்பப் பெற்றார்கள்.

கால்நகத் தொல்லை மிகப் பழையது. எகிப்தின் சக்காராவில், மருத்துவர் கல்லறை என்று அழைக்கப்படும் அங்க்மஹோரின் கல்லறைச் சுவரில், கை கால்களைப் பிடித்து ஏதோ சிகிச்சை செய்யும் ஆட்கள் செதுக்கப்பட்டிருக்கிறார்கள். வயது நாலாயிரம் ஆண்டுகளுக்கு மேல். அதே சக்காராவில் 1964-இல் கண்டெடுக்கப்பட்ட ஒரு கல்லறை நியன்க்னும், க்னும்ஹோத்தெப் என்ற இருவருக்குரியது. அவர்கள் மன்னர் நியுசெர்ராவின் அரண்மனையில் நகம் திருத்துவோரின் மேற்பார்வையாளர்கள். நகம் பார்க்கும் வேலைக்கு ஒரு மேற்பார்வைப் பதவியும், அந்தப் பதவியில் இருந்தவர்களுக்கு இவ்வளவு அழகான கல்லறையும் இருந்த காலம் அது. பின்னாளில் இந்தத் தொழில் பட்ட அவமானங்களைப் பார்க்கும்போது இதை மறக்க முடியவில்லை.

ஏழாம் நூற்றாண்டில் கிரேக்க மருத்துவர் ஈஜினாவின் பவுல், நகத்தை மெல்லிய கருவியால் தூக்கிப்பிடித்து அதன் மேல் ஏறிய சதையை வெட்டச் சொன்னார். கோர்டோபா அருகே வாழ்ந்த அல்-சஹ்ராவி (936–1013) தம் முப்பது பாக மருத்துவ நூலின் கடைசிப் பாகத்தை அறுவைக்கென ஒதுக்கினார். நகக்கண் புண்ணைப் பற்றியும் அதில் எழுதினார். சுடுவதும் வெட்டுவதும்தான் அன்றைக்கு வழி. ஆக, ஆயிரம் வருடத்துக்கு மேலாக மருத்துவர்கள் நகத்தோடும் சதையோடும்தான் மல்லுக்கட்டினார்கள். காலணியை யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

காலணியோ தன் வேலையைச் செய்துகொண்டிருந்தது. இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் நகரில் புதைக்கப்பட்டிருந்த 177 பேரின் எலும்புகளை ஆராய்ந்து 2021-இல் ஒரு முடிவை வெளியிட்டார்கள். 11 முதல் 13-ஆம் நூற்றாண்டு வரை வாழ்ந்தவர்களில் 6 சதவீதம் பேருக்கே கட்டைவிரல் மற்ற விரல்களை நோக்கிச் சாய்ந்து மூட்டு புடைத்திருந்தது. 14, 15-ஆம் நூற்றாண்டுக்காரர்களில் அது 27 சதவீதம். இடையில் வந்தது கூர்மூக்குச் சப்பாத்து மோகம். முன்பக்கம் ஊசிபோல் நீண்ட அந்தச் சப்பாத்தின் நுனி பிரபுவுக்குக் கீழ்ப்பட்ட எவருக்கும் 2 அங்குலத்தைத் தாண்டக்கூடாது என்று 1463-இல் இங்கிலாந்தில் சட்டமே போட வேண்டியிருந்தது. சட்டத்தின் கவலை அந்தஸ்து பற்றியது, விரல்கள் பற்றியது அல்ல. இந்த ஆய்வு எலும்பைத்தான் காட்டுகிறது. நகம் மண்ணில் நிலைப்பதில்லை. ஆனால் கட்டைவிரல் சாய்ந்து பக்கத்து விரலோடு நெருக்கப்படும்போது நகத்தின் ஓரம் சதைக்குள் அழுந்தும் என்பது இன்று பாத மருத்துவர்கள் தினமும் பார்ப்பது.

அதன்பிறகும் நிலைமை தேறவில்லை. ஐரோப்பாவில் குதிகால் உயர்ந்த சப்பாத்து பரவிய 17-ஆம் நூற்றாண்டிலிருந்து 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கம்வரை, வலது இடது என்ற பேதமில்லாமல் ஒரே அச்சில்தான் சப்பாத்து தைத்தார்கள். போட்டுப் போட்டுத்தான் அது காலுக்குப் படிய வேண்டும். உண்மையில் கால்தான் அதற்குப் படிந்தது. ஹாலந்தின் உடற்கூறு அறிஞர் பெத்ருஸ் காம்பர் 1781-இல் நல்ல சப்பாத்து எப்படியிருக்க வேண்டும் என்று ஒரு தனி நூல் எழுதினார். சூரிச்சின் ஹெர்மன் ஃபான் மேயர் 1850-களின் இறுதியில் இன்னும் ஒரு படி மேலே போனார். கட்டைவிரலின் நடுவே ஒரு கோடு இழுத்தால் அது குதிகாலின் நடுவே போய் முடிய வேண்டும், சப்பாத்தின் அடித்தோலை அந்தக் கோட்டுக்கு ஏற்ப வெட்ட வேண்டும் என்றார். கடைத்தெருவில் ஒரு சப்பாத்தைக் கவிழ்த்துப் பார்த்து இந்தக் கோட்டை மனதில் இழுத்துப் பார்க்கலாம். முக்கால்வாசி இன்றைக்கும் தேறாது.

பெரிய மருத்துவர்கள் பலர் கால் பார்ப்பதைக் கீழான வேலையாக நினைத்ததால் அந்த இடத்துக்கு வேறு ஆட்கள் வந்தார்கள். கால் ஆணி எடுப்பவர்கள், நகம் திருத்துபவர்கள். சந்தையில் கடை விரித்தவர்களும் இருந்தார்கள், அரண்மனைக்குள் நுழைந்தவர்களும் இருந்தார்கள். பிரெஞ்சு மன்னர் பதினாறாம் லூயியின் பாதங்களைக் கவனித்த லாஃபோரே 1781-இல் பாதப் பராமரிப்பு பற்றி ஒரு நூல் வெளியிட்டார். நாலே வருடத்தில் லண்டனில் டேவிட் லோ என்பவர் ஒரு நூல் கொண்டுவந்தார். அதில் பெரும்பகுதி பிரெஞ்சுக்காரர்களின் சரக்கு. பள்ளிக்கூடமும் பட்டமும் இல்லாத தொழிலில் அறிவு இப்படித்தான் நகர்ந்தது: தகப்பனிடமிருந்து மகனுக்கு, அல்லது ஒரு புத்தகத்திலிருந்து திருட்டுத்தனமாக இன்னொன்றுக்கு.

லூயிஸ் டர்லாக்கர் முதல் வகை. அவருடைய தகப்பனாரும் இதே தொழில்காரர். மகன் நான்காம் ஜார்ஜ், நான்காம் வில்லியம், விக்டோரியா என்று மூன்று பிரிட்டிஷ் அரசர்களின் கால்களைப் பார்த்தார். 1845-இல் அவர் எழுதிய நூல் கால் ஆணி, மூட்டுப் புடைப்பு, நக நோய்கள், பாதங்களின் பொதுப் பராமரிப்பு என அனைத்தையும் தொட்டது. முன்பாதத்தில் நரம்பு நெரிபட்டு வரும் வலியை அதில் பதிவு செய்திருக்கிறார். முப்பது வருடம் கழித்து அமெரிக்க மருத்துவர் தாமஸ் மார்ட்டன் அதை விவரித்தபோது நோய்க்கு மார்ட்டனின் பெயர் நிலைத்துவிட்டது. மடியில் காலை வைத்துப் பார்த்தவன் முதலில் கண்டான். பெயர் மருத்துவருக்குப் போனது.

அதே லண்டனில் ஜேன் சீமோர் ஹில் என்ற பெண்மணி கால் ஆணி எடுத்து, நகம் திருத்திப் பிழைத்தார். உருவத்தில் மிகக் குள்ளமானவர். சார்லஸ் டிக்கன்ஸ் அவருடைய அக்கம்பக்கத்துக்காரர். ‘டேவிட் காப்பர்ஃபீல்டு’ மாதாமாதம் பகுதிகளாக வெளிவந்துகொண்டிருந்தபோது, 1849-இன் இறுதியில், அதில் மிஸ் மௌச்சர் என்று ஒரு பாத்திரம் நுழைந்தது: குள்ளமான, வாயாடியான, ஒழுக்கத்தில் சந்தேகம் வரவைக்கும் ஒரு அலங்காரக்காரி. ரஷ்ய இளவரசர் ஒருவரின் வெட்டிய நகத்துண்டுகளைப் பையில் வைத்துக்கொண்டு திரிகிறவள். படித்தவர்களுக்கு அது யார் என்று உடனே புரிந்தது. திருமதி ஹில் மனமுடைந்து டிக்கன்ஸுக்குக் கடிதம் எழுதினார். வழக்கறிஞரும் எழுதினார். வீடு வீடாகப் போய் நம்பிக்கையின் பேரில் வேலை செய்யும் ஒருத்திக்கு நல்ல பெயர்தானே முதல்? டிக்கன்ஸ் வருத்தம் தெரிவித்தார். சொன்னதோடு நிற்காமல், பின்வந்த பகுதியில் மிஸ் மௌச்சரை நல்ல உள்ளம் கொண்டவளாக மாற்றினார். கதையின் முடிவில் ஒரு கயவனைப் பிடித்துக்கொடுப்பவளும் அவள்தான். உலக இலக்கியத்தில் ஒரு பாத்திரத்தின் குணத்தை நகம் வெட்டும் ஒரு பெண்மணி மாற்றவைத்திருக்கிறார். அவரை இன்னும் அதிகம் பேர் அறிந்திருக்க வேண்டும்.

கடல் தாண்டிய கதையும் ஒன்று உண்டு. இங்கிலாந்தில் பிறந்து அமெரிக்காவில் தொழில் செய்த ஐசக்கர் ஸக்காரி 1860-இல் ஒரு நூல் வெளியிட்டார். அது ஜான் ஐசன்பர்க் என்பவர் 1845-இல் எழுதியதன் நகல். ஆனால் கைவேலையில் அவர் கெட்டிக்காரர். 1862 செப்டம்பர் 22 அன்று ஆபிரகாம் லிங்கன் அடிமைகளின் விடுதலைக்கான முன்னறிவிப்பை வெளியிட்டார். அதே தேதியிட்டு, தம் பாதங்களுக்கு ஸக்காரி நல்ல பலன் தரும் சிகிச்சை செய்தார் என்று ஒரு நற்சான்றும் எழுதிக் கொடுத்தார். உள்நாட்டுப் போரின் நடுவே ஸக்காரியைத் தூதராகத் தெற்குக்கும் அனுப்பினார் லிங்கன். படைவீரர்களின் பாதங்களுக்கென்று ஒரு தனிப்பிரிவு வேண்டும் என்று ஸக்காரி விரும்பினார், அது நடக்கவில்லை. நாள் முழுக்க நடக்கும் காலாட்படைக்குக் காலைக் கவனிக்க ஆள் இல்லாதது இன்றைக்கு நினைத்தாலும் வியப்பாக இருக்கிறது.

பள்ளிக்கூடம் வந்தது அப்புறம்தான். 1911-இல் நியூயார்க்கில் மாரிஸ் லூயி தலைமையில் பாத சிகிச்சைப் பள்ளி. 1912-இல் லண்டனில் பாத சிகிச்சையாளர்களின் சங்கம். 1913-இல் ஏழைகளுக்கான பாத மருத்துவமனை. 1960-இல் பிரிட்டனில் சட்டப்படியான அங்கீகாரம்.

நகத்துக்கு உண்மையான திருப்பம் 1945-இல் நேர்ந்தது. அமெரிக்கப் பாத மருத்துவர் ஓட்டோ பால், முழு நகத்தைப் பிடுங்காமல் சதைக்குள் இறங்கிய ஓரப் பட்டையை மட்டும் உரித்தெடுத்து, அந்த இடத்து வேரில் ஃபீனாலைத் தடவினார். ஜோசஃப் லிஸ்டர் 1865-இல் கிளாஸ்கோவில் புண்கள் அழுகாமலிருக்கக் கையாண்ட அதே கார்பாலிக் அமிலம்தான் இது. வேரின் அந்தத் துண்டு கருகிவிடும். அங்கே இனி நகம் முளைக்காது. மீதி நகம் சற்று ஒடுங்கலாக, ஆனால் சாதாரணமாக வளரும். விரலை மரத்துப்போக வைக்க ஒரு ஊசி, அடியில் ரத்தம் வராமலிருக்க இறுக்கிக் கட்டும் ஒரு பட்டை. சிகிச்சை முடிந்து நோயாளி நடந்தே வீட்டுக்குப் போவார். இன்றும் உலகெங்கும் இதுதான் பெருவழக்கு. 1960-களில் ஸ்காட்லாந்தின் ராஸ் ஃபிரேசர் கத்தியே படாத வழியைப் பிரபலமாக்கினார்: பல்லுக்குக் கம்பி கட்டுவதுபோல நகத்தின் இரு ஓரத்திலும் மெல்லிய கம்பியைக் கொக்கி மாட்டி, வளைவை மாதக்கணக்கில் நிமிர்த்துவது.

நகம் ஏன் குழல்போல் சுருள்கிறது என்ற கேள்விக்கு அழகான ஒரு விளக்கம் ஜப்பானிலிருந்து வந்தது. டோக்கியோவின் நிப்பான் மருத்துவப் பள்ளியைச் சேர்ந்தவர்கள், படுத்த படுக்கையாக இருப்பவர்களின் நகத்தையும் நடமாடுபவர்களின் நகத்தையும் ஒப்பிட்டார்கள். நடக்காதவர்களின் கட்டைவிரல் நகம் அதிகம் வளைந்திருந்தது. நகத்துக்கு இயல்பிலேயே உள்நோக்கி வளையும் குணம் உண்டு. நடக்கும்போது தரை விரலை மேல்நோக்கித் தள்ளும் விசை அதைத் தட்டையாக வைக்கிறது என்பது அவர்கள் முடிவு. தரை அழுத்தம் இல்லாமல் போனால் வளைவு ஜெயிக்கும். சப்பாத்து பக்கவாட்டில் நெருக்கினால் இன்னும் சீக்கிரம் ஜெயிக்கும். வயதானவர்களுக்கு ஆட்டுக்கடாக் கொம்பாகத் தடித்து முறுகும் நகம் வேறு ரகம்: பழைய அடி, பூஞ்சை, ரத்த ஓட்டக் குறைவு, குனிந்து வெட்ட முடியாமல் விட்டது எல்லாம் சேர்ந்து வருவது. விரல் நுனி உருண்டு நகம் கவிழ்வது நுரையீரல், இதய நோயின் அடையாளமாக இருக்கலாம். ஹிப்போகிரட்டிஸ் காலத்திலேயே இதைக் கவனித்திருக்கிறார்கள்.

பழைய வைத்தியங்களில் ஒன்று மட்டும் பிடிவாதமாக உயிரோடு இருக்கிறது: நகத்தின் நுனி நடுவில் ‘வி’ வடிவத்தில் வெட்டினால் ஓரங்கள் நடுவை நோக்கி இழுபடும் என்பது. நகம் வேரிலிருந்து முன்னோக்கித் தள்ளப்படுகிறது. நுனியில் என்ன வெட்டினாலும் வேருக்குத் தெரியாது. குளித்தபின், அல்லது வெதுவெதுப்பான நீரில் ஊறவைத்தபின், நகம் இளகியிருக்கும்போது குறுக்கே நேராக வெட்டுவதுதான் சரி. மூலைகளை உள்ளே வளைத்துக் கத்தரித்தால் விட்டுப்போன ஒரு கூர்முனை சதையைக் குத்திக்கொண்டே வளரும். மூலையை அரத்தால் மழுக்கினால் போதும். ஒட்ட வெட்டாமல் விரல் நுனியோடு நிறுத்த வேண்டும். விரல்கள் விரிந்து அசைய இடமிருக்கும் செருப்பு, மாலையில் கால் சற்று வீங்கியிருக்கும்போது வாங்கிய சப்பாத்து, வீட்டுக்குள் கட்டைவிரலை ஊன்றி நாலு நடை, இவையும் உதவும்.

சர்க்கரை நோயால் காலில் உணர்ச்சி மங்கியவர்கள் மட்டும் நகத்தைத் தாமே வெட்டக்கூடாது. நகவெட்டி பட்ட சிறு கீறல்கூட அவர்களுக்கு வலிக்காது. வலிக்காததால் யாரும் பார்ப்பதில்லை. ஆறாத புண் விரலையே எடுக்கும்வரை போய்விடும். வீட்டில் இன்னொருவர் தினமும் விரலிடுக்கையும் நக ஓரத்தையும் வெளிச்சத்தில் பார்த்து, சிவப்போ கசிவோ தெரிந்தால் அன்றைக்கே மருத்துவரிடம் அழைத்துப் போக வேண்டும்.