கோப்பில் ஏறாத பெயர்கள்: ஏஜென்ட் கார்ட்டரும் கண்டி ரோட்டும்

போன மாசம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாத்தளையில் நண்பர் ஒருவரின் வீட்டில் ஒரு லேப்டாப்பைச் சுற்றி நாங்க ஆறு பேர் உட்கார்ந்து 'ஏஜென்ட் கார்ட்டர்' முதல் சீசனைப் பார்த்து முடித்தோம். 2015 ஜனவரியில் இருந்து பெப்ரவரி வரைக்கும் அமெரிக்காவின் ஏபிசி தொலைக்காட்சியில் வந்த மார்வெல் தொடர். மொத்தம் எட்டு எபிசோட்தான். கடைசி எபிசோட் முடிந்ததும் எங்களுக்குள் ஒரு சண்டை வந்தது. அந்தச் சண்டையின் மிச்சம்தான் இந்தக் கட்டுரை. முடிவு தெரியக்கூடாது என்று நினைக்கிறவங்க தொடரைப் பார்த்துட்டு வாங்க, நாங்க காத்திருக்கிறோம்.

பார்க்காதவர்களுக்கு: கதை நடப்பது 1946இல், நியூயோர்க்கில். பெகி கார்ட்டர் போரில் நேரடியாக நின்றவள். கப்டன் அமெரிக்காவோடு சேர்ந்து வேலை செய்தவள். போர் முடிந்து ஆண்கள் திரும்பி வந்ததும், அதே உளவுத்துறை அலுவலகத்தில் அவளுக்குக் கிடைக்கிற வேலை என்ன? போன் எடுப்பது, கோப்பு அடுக்குவது, மற்ற ஏஜென்ட்களுக்குச் சாப்பாட்டு ஓடர் எடுப்பது. தொடரில் ஒரு வானொலி நாடகமும் ஓடிக்கொண்டே இருக்கும். அதில் பெகியைப் பார்த்து உருவாக்கின ஒரு பாத்திரம் வரும். எப்பவும் எதிரியிடம் மாட்டிக்கொண்டு, 'கப்டன், காப்பாத்துங்க' என்று கத்துகிற நர்ஸ் பிள்ளை. உண்மையான பெகி அதே நேரத்தில் ஆட்களை அடித்து வீழ்த்திக்கொண்டிருப்பாள். அந்த இடத்தில் நாங்க எல்லாரும் சத்தமாகச் சிரித்தோம்.

கடைசி எபிசோடில் நகரத்தின் மேல் விஷவாயு கொட்டப் போகிற ஒரு விமானத்தைப் பெகி தடுத்து நிறுத்துகிறாள். துப்பாக்கியால் இல்லை, வானொலியில் பேசிப் பேசியே. மறுநாள் அலுவலகத்தில் எல்லாரும் எழுந்து கைதட்டுகிறார்கள். அப்போது ஒரு செனட்டர் உள்ளே வருகிறார். பெகியைத் தாண்டிப் போய் ஜாக் தொம்சன் என்ற ஆண் அதிகாரியின் கையைக் குலுக்கிப் பாராட்டுகிறார். தொம்சனும் 'நான் இல்லை' என்று சொல்வதில்லை. சூசா என்ற இன்னொரு ஏஜென்ட் கோபப்படும்போது பெகி அவனை நிறுத்துகிறாள். தன் மதிப்பு தனக்குத் தெரியும், மற்றவர்கள் என்ன நினைத்தால் என்ன என்பது அவள் பதில்.

சண்டை இங்கேதான். எங்களில் பாதிப்பேர், "செம பதில்" என்றார்கள். மற்றப் பாதி, "இந்தப் பதில் நம்ம ஆட்களுக்குச் சரிப்பட்டு வராது" என்றது. யார் சரி என்று பார்க்க, பெகி மாதிரி நிஜமான பெண்கள் இருந்தார்களா என்று தேடப் போனோம். தேடின முதல் ஆள் எங்கள் ஊரில் இருந்து 26 கிலோமீற்றர் தூரத்தில் இருந்தார்.

1944 ஏப்ரலில் லோர்ட் மவுண்ட்பேட்டனின் தென்கிழக்காசியக் கூட்டுப்படைத் தலைமையகம் கண்டிக்கு வந்தது. நாங்க ஸ்கூல் ட்ரிப் போய்ப் படம் எடுத்த பேராதனைப் பூங்காதான் அப்போது படைத் தலைமையகம். அமெரிக்க உளவுத்துறையான ஓஎஸ்எஸ் (இன்றைய சிஐஏவுக்கு முன்னோடி) தன் 404ஆம் பிரிவைக் கண்டியில் வைத்தது. மேலே கிடுகு வேய்ந்த கொட்டில்கள், உள்ளே வரைபடங்கள், இரகசியத் தந்திகள். கடற்படை இருந்தது திருகோணமலையில். கண்டியில் இருந்து அங்கே ரோட்டு வழியாகப் போவதென்றால் மாத்தளை, தம்புள்ளை தாண்டித்தான் போக வேண்டும். சீகிரியாவில் பிரித்தானிய விமானப்படை ஒரு ஓடுபாதை போட்டிருந்தது. ஆக, பெகி கார்ட்டரின் உலகம் நம்ம ரோட்டிலும் ஓடிக்கொண்டிருந்தது.

அந்தக் கொட்டில்களில் ஒன்றில் ஜூலியா மெக்வில்லியம்ஸ் என்ற பெண் இருந்தார். ஆறடி இரண்டங்குல உயரம். கடற்படையின் பெண்கள் பிரிவில் சேரப் போனபோது அந்த உயரமே தடையாக இருந்தது. ஓஎஸ்எஸ்ஸில் தட்டச்சு வேலையில் தொடங்கி, கண்டியில் கோப்புப் பிரிவான ரெஜிஸ்ட்ரிக்குத் தலைவரானார். துப்பாக்கி தூக்கின உளவாளி இல்லை. ஆனால் அந்தத் தலைமையகத்துக்கு வந்த, அங்கிருந்து போன இரகசியத் தாள்கள் எல்லாம் அவர் கை வழியாகத்தான் போயின. யார் எந்தத் தீவில் இறங்கினார், யாருடைய மறைபெயர் என்ன என்பதெல்லாம் அந்த அலுமாரிகளில் இருந்தது. பெகியை மட்டம் தட்டக் கொடுத்த அதே 'கோப்பு அடுக்கிற வேலை' கண்டியில் ஒரு படைப்பிரிவின் மூளையாக இருந்தது. ஜூலியா கண்டியில் சந்தித்த போல் சைல்டைப் பிறகு கல்யாணம் செய்தார். உலகம் அவரை அறிந்தது ஜூலியா சைல்ட் என்ற சமையல்காரியாக. 1961இல் வந்த பிரெஞ்சுச் சமையல் புத்தகமும், 1963இல் தொடங்கின தொலைக்காட்சி நிகழ்ச்சியும்தான் அவர் புகழ்.

அதே கண்டியில் ஆய்வுப் பிரிவுக்குத் தலைமை தாங்கினவர் கோரா டூ பொய்ஸ். மானிடவியலாளர். இந்தோனேசியாவின் அலோர் தீவில் போருக்கு முன் தங்கி ஆய்வு செய்தவர். அவருக்குக் கீழே ஆண்கள் வேலை செய்தார்கள். 1954இல் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தில் பேராசிரியரானார்.

இந்த இரண்டு பேர் பற்றியும் எழுதுவது லேசாக இருந்ததற்குக் காரணம் உண்டு. அவர்களுக்குக் கோப்பு இருக்கிறது. 2008 ஓகஸ்ட்டில் அமெரிக்கத் தேசிய ஆவணக் காப்பகம் ஓஎஸ்எஸ் ஊழியர்களின் கோப்புகளைத் திறந்துவிட்டபோது, பத்திரிகைகள் முதலில் எழுதின பெயர்களில் ஜூலியா சைல்டும் ஒன்று. பாராட்டு 64 வருஷம் தாமதமாக வந்தாலும், வருவதற்கு ஒரு தாள் காத்துக்கொண்டிருந்தது.

இப்போ அதே 1944இல், அதே மாத்தளை. கொஞ்சம் மலைப்பக்கம் பாருங்க.

1942 தொடக்கத்தில் ஜப்பான் மலாயாவையும் டச்சுக் கிழக்கிந்தியத் தீவுகளையும் பிடித்துவிட்டது. உலகின் இயற்கை ரப்பரில் பெரும்பங்கு அதோடு போய்விட்டது. நேச நாடுகளுக்கு மிஞ்சின பெரிய ரப்பர் மூலம் இலங்கைதான். டயர் இல்லாமல் லொறி இல்லை, விமானம் இல்லை. மரம் செத்தாலும் பரவாயில்லை, பால் எடு என்கிற அளவுக்கு அழுத்தி வெட்டச் சொன்னார்கள். மாத்தளை மாவட்டத்தின் ரப்பர் தோட்டங்களிலும் விடியற்காலையில் பிரட்டுக்கு நின்று, கத்தியோடு மலை ஏறிப் பால் வெட்டினவர்களில் நம்ம பாட்டிமார் இருந்தார்கள். மவுண்ட்பேட்டனின் போர் ஓடின சக்கரத்தில் அந்தப் பாலும் இருந்தது.

அவர்களுக்கும் ஒரு பதிவேடு இருந்தது, செக்ரோல். அதில் ஏறினது பெயரும் பேரும்தான், அதாவது வேலை நாள் கணக்கு. 1927ஆம் ஆண்டுச் சட்டம் தோட்டத் தொழிலாளருக்குக் குறைந்தபட்சச் சம்பளம் கொண்டுவந்தபோது, ஆணுக்கு ஒரு விலை, பெண்ணுக்கு அதைவிடக் குறைந்த விலை, பிள்ளைக்கு இன்னும் குறைந்த விலை என்றுதான் பிரித்தது. அந்தக் குறைந்த சம்பளத்தையும் பல தோட்டங்களில் புருஷனோ தகப்பனோ போய்க் கையெழுத்துப் போட்டு வாங்கி வந்தார்கள். அலுவலகத்தில் தொம்சனின் கையைக் குலுக்கின செனட்டர் ஞாபகம் வருகிறாரா?

கடலுக்கு அந்தப் பக்கம் இதே பெண்களின் இன்னொரு கதை நடந்தது. மலாயாவின் ரப்பர் தோட்டங்களுக்கும் நம்ம தோட்டங்களுக்கும் ஆள் வந்தது பெரும்பாலும் தமிழ்நாட்டின் கிராமங்களில் இருந்துதான், கங்காணி வழியாகத்தான். அங்கே 1943இல் சுபாஸ் சந்திரபோஸ் சிங்கப்பூரில் ஜான்சி ராணிப் படையைத் தொடங்கினபோது, தலைமை ஏற்றவர் சென்னையில் இருந்து போன மருத்துவர் லட்சுமி சுவாமிநாதன். சேர்ந்தவர்களில் பலர் பால் வெட்டின தமிழ்ப் பெண்கள். ஈப்போவில் இலங்கைத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்த ராசம்மா, பின்னாளில் மலேசியாவின் கல்வியாளர் ராசம்மா பூபாலன், அவரும் சேர்ந்தார். ஆக, மாத்தளையில் பால் வெட்டினவள் பிரித்தானியாவின் போருக்கு வெட்டினாள். மலாயாவில் பால் வெட்டினவள் அதே பிரித்தானியாவுக்கு எதிராகத் துவக்கு ஏந்தினாள். இரண்டு பேரையும் கப்பல் ஏற்றின கை ஒன்றுதான்.

அந்தப் படைக்கு உளவு வேலை பார்த்ததாகச் சொன்னவர் ரங்கூனில் பிறந்த சரஸ்வதி ராஜாமணி. பதின்வயதில் பையன் வேஷம் போட்டுப் பிரித்தானிய அதிகாரிகளின் இடங்களில் எடுபிடி வேலை செய்து செய்தி சேர்த்ததையும், காலில் குண்டு பட்டதையும் தன் நேர்காணல்களில் சொல்லியிருக்கிறார். கடைசிக் காலத்தைச் சென்னையில் கழித்து 2018இல் காலமானார். ஜூலியாவின் கதையை நமக்குச் சொல்வது ஆவணக் காப்பகம். ராஜாமணியின் கதையைச் சொன்னது பெரும்பாலும் ராஜாமணியே. அதனால்தான் அவர் கதையைச் சிலர் சந்தேகப்பட முடிகிறது. சந்தேகத்துக்குப் பதில் சொல்ல அவரிடம் தாள் இல்லை.

தாள் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதைத் தெரிந்துகொள்ள நாங்க ரங்கூன் வரை போகத் தேவையில்லை. போர் முடிந்து மூன்று வருஷம். 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம். இலங்கையில் பிறந்தது மட்டும் போதாது. அப்பா இங்கே பிறந்தவர், இல்லாவிட்டால் அப்பாவின் அப்பாவும் அவருடைய அப்பாவும் இங்கே பிறந்தவர்கள் என்று காட்ட வேண்டும். லயத்தில் பிறந்த எத்தனை பேருக்குப் பிறப்புப் பதிவு இருந்தது? ஏறத்தாழ ஏழு லட்சம் மலையகத் தமிழர் நாடில்லாதவர்கள் ஆனார்கள். 1964இல் சிறிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தம் ஆட்களை எண்ணிக்கையாகப் பங்கு போட்டது. மிஞ்சினவர்களுக்குக் கடைசியாகச் சட்டம் வந்தது 2003இல்.

அந்தச் சட்டத்தை நாங்க திரும்பத் திரும்ப வாசித்தபோது ஒன்று கண்ணில் குத்தியது. அப்பா, தாத்தா, பூட்டன். அம்மா எங்கே? முறைப்படி கல்யாணம் செய்த குடும்பத்தில், அம்மாவும் அம்மாயியும் இதே மண்ணில் பிறந்து, இதே மலையில் முதுகு வளைந்து, இதே போருக்குப் பால் வெட்டியிருந்தாலும் அது கணக்கில் வராது. செக்ரோலில் குறைந்த கூலியாக இருந்தவள், பிரஜாவுரிமையில் பூச்சியமானாள்.

இனி அந்தச் சண்டைக்கு வருவோம். பெகியின் பதில் அழகானதுதான். தன்மானம் உள்ள பதில். ஆனால் மறுநாள் காலையில் அவளுக்கு வேலை இருக்கும், சம்பளம் இருக்கும், நாடு இருக்கும். கப்டன் அமெரிக்காவின் கோப்பில் அவள் பெயரும் இருக்கும். அப்படிப்பட்டவள் அங்கீகாரம் வேண்டாம் என்று சொல்லலாம். நம்ம அம்மாயிக்கும் தன் மதிப்பு தெரிந்தேதான் இருந்தது. விடிய நாலு மணிக்கு எழுந்து, அடுப்பு மூட்டி, பிள்ளையைப் பிள்ளைக்காம்பராவில் விட்டுட்டு மலை ஏறினவளுக்கு அது தெரியாமலா? ஆனால் அவள் மதிப்பு அவளுக்கு மட்டும் தெரிந்திருந்தது அவளைக் காப்பாற்றவில்லை. பெயர் எழுதப்படாதது வெறும் மனவருத்தம் இல்லை. அது கப்பலில் ஏற்றி அனுப்பப்பட்ட குடும்பங்கள்.

இதைச் சொல்லி முடித்ததும், முதலில் "செம பதில்" என்றவர்களில் ஒருத்தி கேட்டாள்: "சரி, உங்க அம்மாயி பேர் என்ன?" கேள்வி கேட்ட பக்கம் இருந்த எங்களில் இரண்டு பேருக்குத் தெரியவில்லை. 'அம்மாயி' என்றுதான் தெரியும். செனட்டரைத் திட்டிக்கொண்டிருந்த நாங்களும் அவரைப் போலவே அவளைத் தாண்டி நடந்து வந்திருக்கிறோம்.

அன்றைக்கு இரவே ஒரு கொப்பி வாங்கினோம். பெயர், பிறந்த தோட்டம், எந்த டிவிஷன், என்ன வேலை, எந்த வயதில் பேர் பதிந்தது, யார் சம்பளம் வாங்கினது. ஒவ்வொரு வீட்டிலும் உயிரோடு இருக்கிற மூத்த பொம்பளையிடம் கேட்டு எழுதுகிறோம். இதுவரை பதினொரு பெயர். முதல் பக்கத்தில் இருக்கிற அம்மாயி தன் பெயரைச் சொல்லிவிட்டு, "எதுக்குப் புள்ள இதெல்லாம்?" என்று கேட்டார். பிறகு கொப்பியை வாங்கி, எழுத்துச் சரியா என்று பேத்தியை வாசிக்கச் சொல்லிக் கேட்டார். இரண்டு தடவை.