வள்ளைக்கீரையும் காய்ந்த மிளகாயும்

ஒரு சமுதாயத்தின் வரலாற்றை எழுதப் புகுவோர் முதலில் தேடுவன அரசு ஆவணங்களும் கணக்கேடுகளுமே. வட சிலாங்கூர்த் தோட்டங்களைப் பற்றியும் அத்தகைய ஏடுகள் உள. எத்தனை ஏக்கரில் ரப்பர்க் கன்று நடப்பட்டது, எத்தனை பேர் பெரட்டுக்கு வந்தனர், எத்தனை இராத்தல் பால் நிறுக்கப்பட்டது என்பனவற்றை அவை சொல்லும். அன்று மாலை லயத்து அடுப்பில் என்ன வெந்தது என்பதை அவை சொல்லா. ஆயினும் அந்த அடுப்பும் ஓர் ஏடுதான். அதில் வெந்த காரமான கீரைப் பிரட்டல் ஒன்றை மட்டும் எடுத்து ஆராய்ந்தாலும் போதும். சங்க காலத் தமிழ் வாழ்வும், இடைக்காலக் கடல் வாணிகமும், தோட்டத்து உழைப்பும் அதனுள் ஒன்றாகக் கலந்திருப்பதைக் காணலாம்.

நீரோரக் கொடி

கோல சிலாங்கூருக்கு வடக்கே, தஞ்சோங் காராங்கைக் கடந்து செகிஞ்சானை நோக்கிச் செல்லும் வழியில் உள்ளது சுங்கை புரோங். பறவைகளின் ஆறு என்பது அம்மலாய்ப் பெயரின் பொருள். ஒரு காலத்தில் இப்பகுதி சதுப்பு நிலமாக இருந்தது. 1932-இல் வடிகால் நீர்ப்பாசனத் துறை நிறுவப்பட்ட பின்னர், அந்தப் பத்தாண்டிலேயே இச்சதுப்பைத் திருத்தி நெல் வயலாக்கும் பணி தொடங்கிற்று. பெர்ணம் ஆற்று நீர் தெங்கி ஆற்றின் வழியாகக் கொண்டுவரப்பட்டு வாய்க்கால்களில் பாய்ந்தது. சாவா செம்பாடான், சுங்கை புரோங், செகிஞ்சான் முதலிய பாசனப் பிரிவுகள் உருவாயின. சாவகரும் பஞ்சாரியரும் இங்குக் குடியேறி நெல் விளைவித்தனர். தெற்கிலும் உட்புறத்திலும், புக்கிட் ரோத்தான், ஈஜோக், 2007 முதல் பெஸ்தாரி ஜெயா என வழங்கும் பத்தாங் பெர்ஜுந்தை ஆகிய ஊர்களைச் சூழ்ந்த தோட்டங்களில், தமிழர் பால்மரம் வெட்டினர்.

நீர் தேங்கும் இடமெல்லாம் ஒரு கொடி படரும். வயல் வாய்க்காலிலும் தோட்டத்துக் கால்வாயிலும் அது தானே தழைக்கும். மலாய்க்காரர் அதனைக் கங்கோங் என்பர். தோட்டத்துத் தமிழரும் கங்கோங் கீரை என்றே வழங்கினர். அது மலாயா மண்ணுக்கே உரியது என்றும், இங்கு வந்த பிறகே தமிழர் அதனை உண்ணக் கற்றனர் என்றும் எண்ணுவோர் பலர். உண்மை அதுவன்று. அக்கீரையின் தமிழ்ப் பெயர் வள்ளை. அகநானூற்றின் 46-ஆம் பாட்டில் அல்லூர் நன்முல்லையார் என்னும் புலவர் ஓர் எருமையைக் காட்டுகின்றார். சேற்றில் நின்று சலித்த அவ்வெருமை இரவில் கயிற்றை அறுத்துக்கொண்டு, முள்வேலியைத் தள்ளிவிட்டு, பழனத்து நீரில் இறங்குகின்றது. மீன்கள் சிதறியோட, வள்ளைக் கொடியைக் கலக்கிக்கொண்டு தாமரையை மேய்கின்றது. அங்கே புலவர் வள்ளையின் உள்துளை உடைய தண்டையும் மறவாமல் குறிக்கின்றார். கங்கோங்கின் தண்டை ஒடித்துப் பார்த்த எவரும் அத்துளையை அறிவர். மருத நிலத்துக் கீரை மருத நிலம் போன்ற மற்றொரு மண்ணில் தன்னை உண்டாரைச் சந்தித்தது. பெயர் மட்டுமே இடையில் தவறிப் போயிற்று.

அடைத்த கதவு

பழந்தமிழர் கீரையை அடகு என்றனர். இலக்கியத்தில் அது பெரும்பாலும் வறியோர் உணவாகவே வருகின்றது. சிறுபாணாற்றுப்படையில் கிணைமகள் ஒருத்தி குப்பையில் முளைத்த வேளைக்கீரையை நகத்தால் கிள்ளி, உப்பும் இல்லாமல் வேகவைத்து, பிறர் காண நாணிக் கதவை அடைத்துச் சுற்றத்தோடு உண்கின்றாள். புறநானூற்றின் 159-ஆம் பாட்டில், பெருஞ்சித்திரனார் குமணனிடம் தம் மனைவியின் நிலையைச் சொல்கின்றார். முன்பே கொய்யப்பட்ட குப்பைக்கீரையில் மறுபடி துளிர்த்த கொழுந்தைப் பறித்து, உப்பின்றி, மோரின்றி அவள் உண்கின்றாள். ஆனால் அவ்வையார் பெயரால் வழங்கும் தனிப்பாடல் ஒன்று வேறுபடுகின்றது. நெய்யளாவிச் சூடாகப் படைத்த அடகை அமுதம் என்று அது போற்றுகின்றது. ஆகவே, கீரையில் இழிவு இல்லை. அதனை உண்போரின் வறுமையை உலகம் நோக்கும் நோக்கிலேயே இழிவு உள்ளது.

அந்த அடைத்த கதவு கடல் கடந்தும் தொடர்ந்தது. விருந்தினர் வரும் நாளில் கீரை சமைக்கக் கூசிய தாய்மார் தோட்டங்களில் இருந்தனர். கோழியும் ஆடும் விருந்துக்கு உரியன. கீரை வீட்டாருக்கு மட்டும் உரியது என்பது எழுதப்படாத விதியாயிற்று.

காரம் வந்த வழி

வள்ளையை அயலது என்று கருதிய அதே மக்கள் மிளகாயைத் தொன்றுதொட்டுத் தம்முடையது என்று நம்பினர். வரலாறு இதனையும் தலைகீழாக மாற்றுகின்றது. மிளகாயின் தாயகம் அமெரிக்கக் கண்டம். 1492-இல் கொலம்பஸ் மேற்கொண்ட பயணத்திற்கு முன்னர் ஆசியாவில் எவரும் அதனைச் சுவைத்திலர். 1498-இல் வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டை அடைந்தார். 1511-இல் போர்த்துக்கேயர் மலாக்காவைக் கைப்பற்றினர். அந்த 16-ஆம் நூற்றாண்டில்தான் அவர்தம் கப்பல்கள் வழியே மிளகாய் கீழ்த்திசைக்கு வந்தது.

அதற்கு முன் தமிழரின் காரம் மிளகிலும் இஞ்சியிலும் இருந்தது. சங்க நூல்களில் கறி என்னும் சொல்லுக்கு மிளகு என்பதே பொருள். புதிய காயைக் கண்டவர்கள் அதன் உறைப்பு மிளகை ஒத்திருந்தமையால் மிளகாய் எனப் பெயரிட்டனர். மலாய் மொழியிலும் இதே நிலை காணப்படுகின்றது. மிளகைக் குறிக்கும் லாடா என்னும் சொல் மிளகாய்க்கும் வழங்கலாயிற்று. தெரிந்த பொருளின் பெயரைக் கொண்டு தெரியாத பொருளை வீட்டுக்குள் அழைத்துக்கொள்வது மக்களின் இயல்பு. ஒரு பொருள் தனதா, பிறரதா என்பதை நாள்தோறும் அதனைக் கையாளும் கையே முடிவு செய்கின்றது.

பெரட்டுக்கும் அடுப்புக்கும் இடையில்

கங்காணி முறையிலும் பிற வழிகளிலும் தமிழர் பெருந்திரளாக வந்த காலத்தில் தோட்டக் கூலி மிகக் குறைவு. 1930-இல் ரப்பர் விலை சரிந்தபோது, ஆணுக்கு 50 காசும் பெண்ணுக்கு 40 காசுமாக இருந்த நாட்கூலி முறையே 40, 32 காசுகளாகக் குறைக்கப்பட்டது. பலர் தாயகத்திற்குத் திருப்பியனுப்பப்பட்டனர். எஞ்சியோர் அரிசிக்கும் உப்புக்கும் போக மிகுந்ததைக் கொண்டு வாழ்ந்தனர். குடும்பமுள்ள தொழிலாளி ஒவ்வொருவருக்கும் ஏக்கரில் 16-இல் ஒரு பங்கு நிலம் காய்கறி பயிரிடவோ மாடு மேய்க்கவோ அளிக்கப்பட வேண்டும் என்று 1930-களில் நடப்பில் இருந்த தொழிலாளர் சட்டம் கூறிற்று. அத்துண்டு நிலத்திலும் லயத்தின் பின்புறத்திலும் முருங்கையும் பசலையும் முளைக்கீரையும் வளர்ந்தன. மலாய் அண்டை வீட்டார் காட்டிய சேக்கூர் மானீஸும் அவற்றோடு சேர்ந்தது. நிலம் இல்லாத இடத்தில் கால்வாய்க் கரை தோட்டமாயிற்று.

விடியுமுன் பெரட்டு. பின்னர் மரம் வெட்டுதல், பால் எடுத்தல், நிறுவைக்குச் சுமத்தல். வீடு திரும்பும் வழியில் பெண்கள் காய்ந்த ரப்பர் விறகைத் தலையிலும் கிள்ளிய கீரையை மடியிலும் கொண்டு வந்தனர். சோறு வடிந்து இறங்கும் நேரத்திற்குள் வெந்துவிடும் என்பதே கீரையின் பெருஞ்சிறப்பு. களைத்த உடலுக்கும் பசித்த பிள்ளைகளுக்கும் நடுவே நின்ற தாய்க்கு வேறு கறி எளிதன்று.

வள்ளையைச் சமைப்பதில் சில நுணுக்கங்கள் உண்டு. தண்டின் துளைக்குள் சேறும் நத்தையும் அட்டையும் ஒளிந்திருக்கும். ஆதலின் தண்டை நீளவாக்கில் பிளந்து, நீரை மூன்று நான்கு முறை மாற்றி அலசுவர். தண்டையும் இலையையும் தனித்தனியே வைப்பர். காய்ந்த மிளகாயை ஊறவைத்துச் சின்ன வெங்காயத்தோடு அம்மியில் அரைப்பர். தணலில் சுட்ட பிளாச்சான் துண்டு ஒன்றும் அதனோடு சேரும். கூனி இறாலைப் புளிக்கவைத்து இடித்துச் செய்யும் அப்பண்டம் கடலோர மலாய்க்காரரின் கொடை. எண்ணெய் நன்கு காய்ந்தபின் விழுதை இட்டு, பச்சை வாடை நீங்கி எண்ணெய் பிரியும்வரை வதக்குவர். முதலில் தண்டு, அது சற்று இளகியபின் இலை. நீர் ஊற்றுவதில்லை, இலையில் ஒட்டியுள்ள ஈரமே போதும். மூடி இட்டால் பசுமை மங்கும். உப்பை இறுதியில்தான் இடுவர்; கூடை நிறைந்த கீரை ஒரு கைப்பிடியாகச் சுருங்கும் என்பதை அறியாதோரே முதலில் உப்பிட்டுக் கெடுப்பர். பிளாச்சான் வாடை பிடிக்காத வீட்டில் கடுகும் உளுந்தும் தாளித்துத் தேங்காய்ப்பூத் தூவுவர். இரண்டுமே தோட்டத்துத் தமிழரின் கீரைப் பிரட்டல்தான்.

பஞ்ச காலம்

1941 திசம்பரில் ஜப்பானியர் மலாயாவில் இறங்கினர். அரிசி வரத்து அற்றது. பல்லாயிரம் தமிழர் சயாம் மரண இரயில் பாதைக்குக் கொண்டு செல்லப்பட்டனர். குடும்பத் தலைவரை இழந்த லயங்களில் பெண்களே பிள்ளைகளைக் காத்தனர். மரவள்ளிக் கிழங்கு சோறாயிற்று. மரவள்ளித் தளிர் கறியாயிற்று. அத்தளிரில் நச்சுத்தன்மை உண்டு. அதனை நன்கு கசக்கி, நீரில் வேகவைத்து, அந்நீரைக் கொட்டிவிட்ட பின்னரே தாளிக்க வேண்டும். மரவள்ளியும் மிளகாயைப் போன்றே அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்ததுதான். எந்த இலை உண்ணத்தக்கது, எதனை எவ்வளவு நேரம் வேகவைத்தால் நஞ்சு நீங்கும் என்னும் அறிவு அந்நாளில் உயிர்களைக் காத்தது. அவ்வறிவைக் கற்பித்த பள்ளி எதுவும் இல்லை, கிழவியரே ஆசிரியர்.

மருந்தடித்த மண்

போருக்குப் பின் வேறொரு மாற்றம் வந்தது. 1917-இல் ஹென்றி ஃபோகோனியே என்னும் பிரஞ்சுக்காரர் பத்தாங் பெர்ஜுந்தைக்கு அருகிலுள்ள தென்னமரம் தோட்டத்தில் செம்பனையை வணிக முறையில் பயிரிட்டார். மலாயாவில் அவ்வகையில் அதுவே முதல் முயற்சி. 1960-களுக்குப் பின்னர்ச் செம்பனை பரந்து ரப்பரின் இடத்தைப் பிடித்தது. மண்வெட்டி கொண்டு களையெடுத்த வெளிக்காட்டு வேலை மருந்தடிக்கும் வேலையாக மாறிற்று. தோளில் தோம்பைச் சுமந்து மருந்தடித்தவர் பெரும்பாலும் பெண்களே. பாராகுவாட் போன்ற களைக்கொல்லிகள் அவர்தம் தோலையும் நகத்தையும் கண்ணையும் தாக்கின. பாராகுவாட்டை மலேசியா முற்றாகத் தடை செய்தது 2020 சனவரி முதல் நாளிலிருந்துதான்.

களைக்கொல்லிக்குக் களையும் ஒன்றே, கீரையும் ஒன்றே. வழியில் கிள்ளிய கீரையை மடியில் கொண்டுவரும் வழக்கம் அதனோடு முடிவுக்கு வந்தது. தான் அடித்த மருந்து பாய்ந்த கால்வாயிலிருந்து தன் பிள்ளைக்குக் கறி பறிக்க எந்தத் தாயும் துணியாள். வள்ளை தான் வளரும் நீரில் உள்ள மாசை உறிஞ்சி வைத்துக்கொள்ளும் இயல்பினது. ஆதலின் வயல் வாய்க்கால்களிலும் கரையோரக் கீரையை ஆராயாது பறித்தல் தகாது. பின்னர்த் தோட்டங்கள் துண்டாடப்பட்டும் விற்கப்பட்டும் வீடமைப்பு நிலமாகியும் போயின. லயத்தோடு பின்கட்டும் போயிற்று. கீரை சந்தையிலிருந்து கட்டாக வாங்கும் பொருளாயிற்று. அதனை வதக்கும் எண்ணெயோ, அந்த நிலத்தைப் பிடித்துக்கொண்ட செம்பனையின் எண்ணெயே.

பெயரைக் காத்தல்

கீரைப் பிரட்டலின் சுவை மறையவில்லை. சாலையோர உணவுக் கடைகளில் மூவினத்தாரும் அதனை விரும்பி உண்கின்றனர். முன்னர்க் கதவடைத்து உண்ட கறி இன்று விலை கொடுத்துப் பெறும் கறி. மறைந்து வருவது அதனைச் சார்ந்த அறிவு. வேளை எது, மணத்தக்காளி எது, பொன்னாங்கண்ணி எது என்று இலையைப் பார்த்துச் சொல்லும் பிள்ளைகள் அருகிவிட்டனர். பெயர் மறந்தால் பொருள் அயலதாகும் என்பதற்கு வள்ளையே சான்று.

இதற்கு மருந்து தமிழாசிரியரின் கையில் உண்டு. சங்கப் பாட்டு நெடுந்தொலைவில் உள்ளதன்று. சந்தையில் வாங்கிய கங்கோங் தண்டு ஒன்றை வகுப்பறைக்குக் கொண்டு சென்று, மாணவர் கையில் கொடுத்து ஒடிக்கச் சொல்லலாம். உள்ளே துளை தெரியும். பின்னர் அகநானூற்றின் 46-ஆம் பாட்டைத் திறந்து, எருமை கலக்கிய கொடி எது என்று கேட்கலாம். அன்று மாலை வீட்டுக்குச் சென்று, இதனை எப்படிச் சமைப்பது என்று பாட்டியிடம் கேட்டு எழுதி வருமாறு பணிக்கலாம். அம்மாணவர் எழுதிக் கொணரும் அரைப் பக்கம், எந்தத் தோட்டத்துக் கணக்கேட்டிலும் இடம்பெறாத வரலாறாக இருக்கும்.