கடலை எண்ணெயில் ஓடிய டீசல் இன்ஜின்

1900-ம் ஆண்டு பாரிஸ் உலகக் கண்காட்சியில் ஒட்டோ நிறுவனம் ஒரு சிறிய டீசல் இன்ஜினை ஓடவிட்டிருந்தது. அதற்குள் போனது கடலை எண்ணெய். ஓட்டத்தில் எந்த வித்தியாசமும் இல்லாததால், பார்வையாளர்களில் வெகுசிலரே அதைக் கவனித்தார்கள். இத்தனைக்கும் அது பெட்ரோலிய எண்ணெய்க்காகச் செய்யப்பட்ட இன்ஜின். கடலை எண்ணெய்க்காக ஒரு திருகைக்கூட மாற்றவில்லை.

யோசனை பிரெஞ்சு அரசுடையது. தன் ஆப்பிரிக்கக் காலனிகளில் நிலக்கடலை அமோகமாக விளைந்தது. அங்கேயே விளைவதை அங்கேயே எரித்தால் எரிபொருளைக் கப்பலேற்ற வேண்டாமே என்று கணக்குப் போட்டது.

கடலை எண்ணெய்க்காகவே ருடால்ஃப் டீசல் இந்த இன்ஜினைக் கண்டுபிடித்தார் என்று சிலர் எழுதுவதுண்டு. அது சரியல்ல. அவரை உறுத்தியது வேறு விஷயம்.

1858-ல் பாரிஸில் பிறந்த ஜெர்மானியர் அவர். 1870-ல் பிரான்ஸ் - பிரஷ்யா போர் மூண்டதும் குடும்பம் லண்டனுக்கு ஓடியது. சிறுவன் படிப்புக்காக ஆக்ஸ்பர்க்கில் உறவினர் வீட்டுக்கு அனுப்பப்பட்டான். பிறகு மியூனிக்கில் பேராசிரியர் லிண்டேவின் வகுப்பு. நிலக்கரியின் வெப்பத்தில் பத்தில் ஒரு பங்கைக்கூட நீராவி இன்ஜின் வேலையாக மாற்றுவதில்லை என்று அங்கேதான் கேட்டார். மீதியெல்லாம் வீண். அந்த விரயத்தைக் குறைப்பதே அவருடைய வாழ்நாள் வேலையானது.

சைக்கிளுக்குக் காற்றடிக்கும்போது பம்பு சுடுமல்லவா? அதே சங்கதிதான். காற்றைப் பலமாக அழுத்தினால் கடுமையாகச் சூடேறும். அதில் எரிபொருளைச் செலுத்தினால் பொறியில்லாமலே பற்றிக்கொள்ளும். நிலக்கரித் தூளைக்கூட எரிக்கலாம் என்று நினைத்தார். 1893-ல் ஆக்ஸ்பர்க் தொழிற்சாலையில் நடந்த முதல் சோதனையில் அழுத்தமானி வெடித்துச் சிதறியது. ஆள் தப்பியதே பெரிது.

1894 பிப்ரவரியில் மறுபடி முயன்றார்கள். தொழிற்சாலையின் பெல்ட்தான் இன்ஜினைச் சுழற்றிக்கொண்டிருந்தது. திடீரென்று பெல்ட் வெட்டி இழுத்தது. இப்போது இன்ஜின்தான் பெல்ட்டை இழுக்கிறது! பக்கத்தில் நின்ற தொழிலாளி ஒன்றும் பேசாமல் தலையிலிருந்த தொப்பியைக் கழற்றினார். ஓடியது ஒரே ஒரு நிமிடம்தான். 1897-ல் நடந்த அதிகாரபூர்வச் சோதனையில், வெப்பத்தில் 26 சதவிகிதம் வேலையாக மாறியது.

பாரிஸ் சோதனைக்குப் பிறகு டீசலும் தாவர எண்ணெய்களைச் சோதித்துப் பார்த்தார். இன்று அற்பமாகத் தோன்றும் இந்த எண்ணெய்கள் ஒருநாள் பெட்ரோலியத்துக்கு நிகராகலாம் என்று 1912-ல் சொன்னார். அந்த நாளைப் பார்க்க அவர் இருக்கவில்லை. கடன் கழுத்தை நெரித்த நிலையில், 1913 செப்டம்பர் 29 இரவு ஆண்ட்வெர்ப்பிலிருந்து இங்கிலாந்து சென்ற ‘டிரெஸ்டன்’ கப்பலிலிருந்து காணாமல் போனார். பத்து நாள் கழித்துக் கடலில் ஓர் உடல் கிடைத்தது. அதிலிருந்த பொருள்களை மகன் அடையாளம் காட்டினார். தற்கொலையா, கொலையா என்ற வாதம் இன்றும் ஓயவில்லை.

கடலை எண்ணெய்க்கு ஒரு சிக்கல் உண்டு. டீசலைவிடக் கெட்டியானது, நாளாவட்டத்தில் இன்ஜினில் கரி படியவைக்கும். ஆல்கஹாலோடு வினைபுரியவைத்து எண்ணெயை இளக்கும் வழிக்கு 1937-ல் பெல்ஜியத்தின் ஷவான் காப்புரிமை பெற்றார். மறு ஆண்டே அப்படி இளக்கிய பனையெண்ணெயில் பிரஸ்ஸல்ஸுக்கும் லூவெனுக்கும் இடையே பஸ் ஓடியது. இன்றைய பயோடீசலின் வித்து அதுதான்.

வழி தெரிந்தும் யாரும் அதைப் பிடித்துக்கொள்ளவில்லை. பெட்ரோலிய டீசல் அவ்வளவு மலிவு. 1973-ல் கச்சா எண்ணெய் விலை எகிறிய பிறகுதான் ஆய்வுக்கூடங்கள் தாவர எண்ணெயை மறுபடி கையில் எடுத்தன.

(தொடரும்)