நிக்கல்: தோண்டாத ஊருக்கு வந்த உலோகம்

நிக்கல், வெள்ளியைப் போன்ற வெண்மையும் லேசான மஞ்சள் சாயலும் கொண்ட உலோகம். அணு எண் 28. காந்தம் இழுக்கும், எளிதில் துருப்பிடிக்காது, 1455 டிகிரி செல்சியஸில்தான் உருகும். மன்னார்குடியைச் சுற்றி எங்கே தோண்டினாலும் இது கிடைக்காது. அங்கே காவிரியின் கிளைகள் கொண்டுவந்து கொட்டிய வண்டல்தான் ஆழம்வரை இருக்கிறது. ஆனாலும் அந்த ஊரில் ஒரு வீட்டைக் கணக்கெடுத்தால் சோற்றுக்குண்டான், டம்ளர், பூஜைத் தட்டு, பரணில் கிடக்கும் பழைய நாலணா என்று நிக்கல் பல உருவில் அகப்படும். வயலில் தெளிக்கும் யூரியாவின் பின்னாலும் அதுதான் நிற்கிறது. உலகின் வேறொரு மூலையில் தோண்டப்பட்ட உலோகம் டெல்டாவுக்கு வந்து சேர்ந்தது இந்த வரலாற்றின் ஒரு பாதி. விலை ஏறிய போதெல்லாம் அது சத்தமில்லாமல் குறைக்கப்பட்டது மறுபாதி.

நிக்கல் என்று தெரியாமலேயே மனிதர்கள் அதைப் பயன்படுத்தினார்கள். கி.மு. இரண்டாம் நூற்றாண்டில் பாக்திரியாவை ஆண்ட கிரேக்க அரசர்கள் சிலர் செம்பும் நிக்கலும் கலந்த காசு அடித்தார்கள். சீனத்தின் யுன்னான் பகுதியில் செம்பு, துத்தநாகம், நிக்கல் மூன்றும் சேர்ந்த ‘வெள்ளைச் செம்பு’ நெடுங்காலம் வார்க்கப்பட்டது. 1751-இல் சுவீடனின் ஆக்செல் கிரோன்ஸ்டெட்தான் இதைத் தனி உலோகமாகப் பிரித்தார். 1823-இல் ஜெர்மானியர்கள் சீனக் கலவையைத் தங்கள் பட்டறையில் செய்து காட்டினார்கள். இன்றும் நம் கடைகளில் பஞ்சபாத்திரமும் குங்குமச் சிமிழுமாக அடுக்கியிருக்கும் ஜெர்மன் சில்வர் அந்தக் கலவைதான். அதில் வெள்ளி பொட்டுக்கூடக் கிடையாது.

இந்தியச் சாமானியர் கைக்கு நிக்கல் முதலில் காசாக வந்தது. 1907-இல் வெளியான ஓரணா, வளைவு வளைவான விளிம்போடு, முக்கால் பங்கு செம்பும் கால் பங்கு நிக்கலுமாக இருந்தது. முதல் உலகப் போர்க் காலத்தில் வெள்ளிக்குத் தட்டுப்பாடு வர, 1918-இல் இரண்டணாவும் 1919-இல் நாலணா, எட்டணாவும் அதே கலவைக்கு மாறின. எட்டணா மட்டும் இரண்டே ஆண்டு அடிக்கப்பட்டு நின்றுபோனது.

இரண்டாம் உலகப் போர் இன்னும் பெரிய மாற்றத்தைக் கொண்டுவந்தது. அப்போது இந்தியா அமெரிக்காவிடம் பெருமளவு வெள்ளியைக் கடனாக வாங்கியிருந்தது. அதைத் திருப்பித் தருவதற்காக வெள்ளி கலந்த நாணயங்கள் புழக்கத்திலிருந்து இழுக்கப்பட்டன. அந்த இடத்தில் 1946, 1947-இல் சுத்த நிக்கலில் கால் ரூபாயும் அரை ரூபாயும் ஒரு ரூபாயும் வந்தன. விடுதலைக்குப் பிறகும் இந்த வழக்கம் தொடர்ந்தது. 1957-இல் தசம நாணயம் வந்தபோது 25 பைசா நிக்கல். 1960-இல் 50 பைசா, 1962-இல் ஒரு ரூபாய்.

பிறகு இறக்கம் தொடங்கியது. எழுபதுகளில் இவையெல்லாம் செம்பு கலந்த நிக்கலாயின. 1988 முதல் சில்லறைக் காசுகளும் 1992-இல் ஒரு ரூபாயும் நிக்கலே இல்லாத குரோமிய எஃகுக்குப் போய்விட்டன. பழங்காசு சேர்ப்பவர்களுக்கு ஒரு சின்ன சோதனை: அறுபதுகளின் ஒரு ரூபாயைக் காந்தம் இழுக்கும், எண்பதுகளின் ரூபாயை இழுக்காது, தொண்ணூறுகளின் ரூபாயை மறுபடி இழுக்கும். முதலாவதில் நிக்கல் முழுதாக இருக்கிறது; இரண்டாவதில் கால் பங்கு; மூன்றாவதில் காந்தத்துக்கு ஒட்டுவது வெறும் இரும்பு. 2020-இல் புழக்கத்துக்கு வந்த 20 ரூபாய் நாணயத்தின் வெளிவட்டத்தில் நிக்கல் 20 விழுக்காடாகத் திரும்பி வந்தது.

இந்தக் காசுகளுக்கும் பிறவற்றுக்கும் உலகம் நிக்கலை இரண்டு வகைத் தாதுக்களிலிருந்து எடுத்தது. முதலில் பெயர் பெற்றது செம்புரை வகை. தென் பசிபிக்கில் பிரான்சின் ஆட்சியிலிருந்த நியூ கலிடோனியா தீவில் பொறியாளர் ஜூல் கார்னியே 1860-களில் பச்சை நிறத் தாது ஒன்றைக் கண்டார். 1880-இல் அதைத் தோண்டுவதற்கென்றே ‘சொசியெத்தே லெ நிக்கெல்’ என்ற நிறுவனம் அமைந்தது. டெல்டாவுக்கு அந்தத் தீவு அடியோடு அந்நியமல்ல. மன்னார்குடிக்கு வடகிழக்கே உள்ள காரைக்கால் அன்று பிரெஞ்சுத் துறைமுகம். கரும்புத் தோட்டங்களுக்காக ரெயூனியன் தீவுக்குத் தமிழ்க் கூலியாட்கள் கப்பலேறிய இடம் அது. ரெயூனியனிலிருந்து தோட்ட முதலாளிகள் சிலர் நியூ கலிடோனியாவுக்குப் பெயர்ந்தபோது தங்கள் கூலியாட்களையும் அழைத்துப் போனார்கள். அங்குள்ளவர்கள் அவர்களை ‘மலபார்’ என்றார்கள். தீவில் கரும்பு நிலைக்கவில்லை; நிக்கல் நிலைத்தது.

செம்புரைக்கல் தஞ்சாவூருக்குத் தெற்கே வல்லம் பக்கத்திலும் உண்டு. அப்படியானால் நிக்கலும் இருக்குமே என்று கேட்கலாம். இருக்காது. வெப்பமண்டல மழை பல லட்சம் ஆண்டு பாறையைக் கரைத்துக் கழுவ, கரையாமல் எஞ்சுவதே செம்புரை. தாய்ப்பாறையில் நிக்கல் இருந்தால்தான் எஞ்சியதிலும் இருக்கும். நியூ கலிடோனியாவிலும் இந்தோனேசியாவின் சுலவேசியிலும் மக்னீசியமும் இரும்பும் மிகுந்த, நிக்கல் கலந்த பாறை அடியில் கிடக்கிறது. வல்லத்தில் அது கிடையாது.

இரண்டாவது வகை கந்தகத் தாது. 1883-இல் கனடாவின் சட்பரியில் பசிபிக் ரயில்பாதைக்கு மண் வெட்டியபோது இது வெளிப்பட்டது. செம்புக்காகத் தோண்டியவர்கள் கூடவே வந்த நிக்கலைச் சனியனாகத்தான் நினைத்தார்கள், பிரித்தெடுப்பது அவ்வளவு கடினம். அதே சமயத்தில், எஃகில் கொஞ்சம் நிக்கல் சேர்த்தால் போர்க்கப்பல் கவசம் விரிசல் விடாமல் குண்டைத் தாங்குகிறது என்று பிரிட்டனிலும் அமெரிக்காவிலும் கண்டுகொண்டார்கள். கடற்படைகள் வாங்கத் தொடங்கின. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சட்பரி நியூ கலிடோனியாவை முந்தியது. லுட்விக் மோண்டு என்ற வேதியியலாளர் கார்பன் மோனாக்சைடு நிக்கலை வாயுவாகத் தூக்கிச் செல்வதைப் பார்த்து, அதிலிருந்தே சுத்திகரிப்பு முறை ஒன்றை உண்டாக்கினார். வேல்ஸின் கிளிடாக்கில் 1902-இல் தொடங்கிய ஆலை அந்த முறையில் நடந்தது. சோவியத் ரஷ்யா 1930-களில் ஆர்க்டிக் பனியில் நோரில்ஸ்க் சுரங்கத்தைக் கைதிகளின் உழைப்பில் கட்டியது.

ஆனால் நிக்கலை அடுப்பங்கரைக்குக் கொண்டுவந்தது போர் அல்ல. 1912-இல் ஜெர்மனியின் குரூப் நிறுவனம் குரோமியமும் நிக்கலும் கலந்த எஃகுக்குக் காப்புரிமை பெற்றது. பிற்காலத்தில் 18 விழுக்காடு குரோமியம், 8 விழுக்காடு நிக்கல் என்ற அளவு நிலைபெற்றது. கடைக்காரர்கள் இன்று ‘304’ என்று சொல்வது இதைத்தான். துருவைத் தடுக்கும் மெல்லிய தோல் குரோமியத்தால் வருகிறது. நிக்கலின் வேலை வேறு: எஃகின் உள்ளமைப்பை இளக்கமாக வைத்திருக்கிறது. அதனால்தான் தட்டையான தகட்டை அச்சில் அழுத்தி, கிழியாமல் குடமாகவும் அண்டாவாகவும் இழுக்க முடிகிறது.

டெல்டா வீடுகளில் அதற்குமுன் பித்தளைதான் ஆட்சி செய்தது. புளி பட்டால் பித்தளை களிம்பேறும். குழம்பும் ரசமும் கெடும். அதனால் உள்ளே ஈயம் பூசியாக வேண்டும், அது தேய்ந்தால் மறுபடி பூச வேண்டும். எவர்சில்வர் வந்ததும் இந்தத் தொல்லை ஒழிந்தது. ஈயம் பூசுகிறவர்களின் பிழைப்பும் கூடவே ஒழிந்தது. தொடக்கத்தில் தகடு முழுக்க இறக்குமதி. அதனால் எவர்சில்வர் கௌரவச் சின்னமாகவே இருந்தது: கல்யாணச் சீரில் இத்தனை பாத்திரம் என்று பேசினார்கள், ஒவ்வொன்றிலும் பெயரும் தேதியும் வெட்டி வாங்கினார்கள், பழைய துணிக்கும் ஜரிகைக்கும் பாத்திரம் கொடுக்கும் வியாபாரி தெருவில் வந்தால் பெண்கள் கூடினார்கள். திருப்பூர் அருகே அனுப்பர்பாளையம் போன்ற பாத்திரத் தொழில் ஊர்களில் பித்தளை, செம்புப் பட்டறைகளோடு எவர்சில்வர் பட்டறைகளும் எழுந்தன.

இதற்கிடையே சேலம் உருக்காலை வந்தது. 1970-இல் இந்திரா காந்தி அடிக்கல் நாட்டினார். 1981-இல்தான் தகடு வெளியே வந்தது. முதலில் சூட்டில் உருட்டிய எஃகுச் சுருள்களை வெளியிலிருந்து வாங்கி, குளிர்நிலையில் மெலிதாக உருட்டி மட்டும் கொடுத்தது. 1995-இல் சூட்டு உருட்டாலையும் 2010-இல் உருக்கும் பிரிவும் சேர்ந்தன. காசு அடிப்பதற்கான வில்லைகளையும் சேலம் செய்தது. சேலம் முத்திரை குத்திய தட்டு தரமானது என்று தமிழ்நாட்டு இல்லத்தரசிகள் ஒரு தலைமுறைக்குமேல் நம்பினார்கள். அந்த நம்பிக்கை பெரும்பாலும் வீண் போகவில்லை.

காசுக்கு நடந்தது பாத்திரத்துக்கும் நடந்தது. 1950-களில் கொரியப் போரின்போது நிக்கல் அருகிப்போனதால், அதில் ஒரு பகுதிக்குப் பதில் மாங்கனீசும் நைட்ரஜனும் சேர்த்த ‘200 வரிசை’ எஃகை அமெரிக்கா பயன்படுத்தியது. அங்கே அவசரத்துக்கு உதவிய பொருள், இந்தியாவில் அன்றாடச் சரக்காக ஊன்றிக்கொண்டது. 202-இல் நிக்கல் 4 முதல் 6 விழுக்காடு. சந்தையில் ‘ஜே4’ எனப்படுவதில் ஏறக்குறைய ஒரு விழுக்காடுதான். பளபளப்பில் வித்தியாசம் தெரியாது. காந்தம் வைத்துப் பார்த்து வாங்கும் பழக்கமும் இங்கே கை கொடுக்காது, ஏனென்றால் 304-ஐப் போலவே இவற்றையும் காந்தம் இழுப்பதில்லை. வித்தியாசம் பிறகுதான் தெரியும். உப்பும் ஊறுகாயும் வைத்தால், உப்புத்தண்ணீர் ஊர்களில் சும்மா கழுவி வைத்தால்கூட, நிக்கலும் குரோமியமும் குறைந்த பாத்திரத்தில் புள்ளி புள்ளியாகத் துரு விழும். மலிவாக ஒரு பொருள் கிடைப்பதில் தவறில்லை. என்ன கலந்தது என்று சொல்லாமல் விற்பதுதான் தவறு.

நிக்கலைக் குறைக்கும் இந்தத் துடிப்புக்குக் காரணம் அதன் விலை. லண்டன் உலோகச் சந்தை 1979-இல் நிக்கல் வியாபாரத்தைத் தொடங்கியது. 2007 மே மாதம் டன் 50,000 டாலரைத் தாண்டியது. அடுத்த ஆண்டு இறுதியில் 10,000-க்கும் கீழே வந்தது. 2022 மார்ச் 8 அன்று நடந்தது அதையும் மிஞ்சியது. விலை இறங்கும் என்று பெரிய அளவில் பந்தயம் கட்டியிருந்த சீனத்தின் சிங்ஷான் நிறுவனம், உக்ரைன் போரால் விலை ஏறவும் மாட்டிக்கொண்டது. காலைக்குள் விலை ஒரு லட்சம் டாலரைத் தொட்டது. சந்தை வியாபாரத்தை நிறுத்தி, அன்று முடிந்த பேரங்களையே ரத்து செய்தது. லாபம் பார்த்தவர்கள் நீதிமன்றம் போனார்கள், தோற்றார்கள். மறு ஆண்டு அதே சந்தையின் ரோட்டர்டாம் கிடங்கில் நிக்கல் என்று கணக்கில் இருந்த சில பைகளைத் திறந்தபோது உள்ளே கல் இருந்தது.

சிங்ஷான் சூதாடியாக மட்டும் அறியப்பட வேண்டிய நிறுவனம் அல்ல. தரம் குறைந்த செம்புரைத் தாதுவை உருக்கி, நிக்கல் கலந்த வார்ப்பிரும்பாக நேரே எஃகு ஆலைக்குள் அனுப்பும் மலிவான வழியைப் பெருக்கியது அதுதான். சுலவேசியின் மொரோவாலியில் அதற்கென்று ஒரு தொழில் நகரமே எழுந்தது. தாதுவைப் பச்சையாக ஏற்றுமதி செய்யக் கூடாது என்று இந்தோனேசியா 2014-இல் தடை போட்டு, பிறகு தளர்த்தி, 2020-இல் இறுக்கியது. இன்று உலகின் சுரங்க நிக்கலில் பாதிக்கும் மேல் அந்நாட்டிலிருந்து வருகிறது. அதன் விலையை உள்ளூர் மக்கள் கொடுக்கிறார்கள்: நிலக்கரி மின்நிலையங்களின் புகை, வெட்டப்பட்ட காடு, கடலோரத்தில் செம்மண் கலங்கல். 2023 டிசம்பரில் மொரோவாலி உலை ஒன்றில் நடந்த வெடிப்பில் 21 தொழிலாளர்கள் இறந்தார்கள். இந்த மலிவு வெள்ளத்தில் ஆஸ்திரேலியாவின் நிக்கல் வெஸ்ட் 2024-இல் வேலையை நிறுத்தியது. நியூ கலிடோனியாவின் கோனியாம்போ ஆலையும் அதே ஆண்டு அணைந்தது. மின்சார வண்டிகளின் பேட்டரி நிக்கலைக் காப்பாற்றும் என்று நம்பியிருந்தார்கள். அங்கேயும் நிக்கலே வேண்டாத இரும்பு-பாஸ்பேட் பேட்டரி இடத்தைப் பிடித்துக்கொண்டிருக்கிறது.

பாத்திரத்திலும் காசிலும் நிக்கலைக் குறைக்கலாம். வயலில் அது நடக்காது. இயற்கை எரிவாயுவை நீராவியோடு சேர்த்து ஹைட்ரஜன் எடுக்க நிக்கல் வினையூக்கி வேண்டும். அந்த ஹைட்ரஜன் அம்மோனியாவாகி, அம்மோனியா யூரியாவாகிறது. எண்ணெயை இறுகச் செய்து வனஸ்பதி ஆக்குவதும் நிக்கல்தான். 1937-இல் வந்த டால்டா அப்படி உருவானது. குறுவைக்கோ சம்பாவுக்கோ தெளித்த யூரியாவைப் பயிருக்கு எட்டும்படி மண்ணில் உடைப்பது யூரியேஸ் என்னும் நொதி. அதன் மையத்தில் நிக்கல் அணு உட்கார்ந்திருப்பதை ஆஸ்திரேலிய ஆய்வாளர்கள் 1975-இல் காட்டினார்கள்.

நீர் தேங்கிய நெல்வயலின் சேற்றில் மீத்தேன் உண்டாக்கும் நுண்ணுயிரிகளுக்கும் நிக்கல் உள்ள ஒரு மூலக்கூறு இன்றியமையாதது. மன்னார்குடி என்றதும் வெளியூர்க்காரர்களுக்கு நினைவு வரும் மீத்தேன் இது அல்ல. 2010-இல் ஒப்பந்தமாகி, விவசாயிகளின் எதிர்ப்பில் நின்றுபோனது நிலத்தடி நிலக்கரிப் படுகையின் மீத்தேன்.

இந்தியாவின் நிக்கல் தாதுவில் 90 விழுக்காட்டுக்கும் மேல் ஒடிசாவில், பெரும்பாலும் சுகிந்தாப் பள்ளத்தாக்கில் இருக்கிறது. குரோமியத் தாதுவுக்காகத் தோண்டும்போது மேல்மண்ணாக ஒதுக்கும் குவியலில் ஒரு விழுக்காட்டுக்கும் குறைவாகக் கலந்து கிடக்கிறது. பல ஆய்வகங்கள் முயன்றும் அதைக் கட்டுப்படியாகும்படி எடுக்க முடியவில்லை. 2023-இல் மத்திய அரசு அறிவித்த 30 முக்கியக் கனிமங்களில் நிக்கலும் ஒன்று. தேவை ஏறக்குறைய முழுவதும் இறக்குமதிதான். எஞ்சிய வழி பழைய எஃகை மறுபடி உருக்குவது, அதில் விலை பேசுவது நிக்கலின் பங்கு. ஆகவே புதுப் பாத்திரம் வாங்கும்போது 304-ஆ 202-ஆ என்று பில்லில் எழுதி வாங்குங்கள். பாட்டி காலத்துக் கனமான எவர்சில்வர் குடத்தைப் பழைய பாத்திரக் கடையில் போடும்போது, நேற்று வாங்கிய டப்பாவுக்குச் சொல்லும் அதே எடை விலையைச் சொன்னால் ஒத்துக்கொள்ளாதீர்கள்.