'ரோபோ': ஒரு சொல்லின் வரலாறு

இயந்திர மனிதனைக் குறிக்கும் 'ரோபோ' என்னும் ஆங்கிலச் சொல்லை இன்று பள்ளிச் சிறுவரும் அறிவர். ஆயின் அது ஆங்கிலத்தில் பிறந்த சொல்லன்று. அறிவியற் கூடத்தில் பிறந்ததும் அன்று. செக் நாட்டு நாடகாசிரியர் ஒருவருக்குக் கவிஞரான அவர்தம் தமையனார் எடுத்துக் கொடுத்த சொல் அது.

நாடகாசிரியர் காரெல் சாப்பெக். தமையனார் யோசெஃப் சாப்பெக், ஓவியரும் ஆவார். 1920-இல் வெளிவந்த 'ஆர்.யு.ஆர்.' என்னும் நாடகத்தில், ஆலையொன்றில் உருவாக்கப்படும் செயற்கைப் பணியாளர்க்கு என்ன பெயரிடுவது எனக் காரெல் மயங்கினார். உழைப்பைக் குறிக்கும் இலத்தீன் சொல்லினின்று ஒரு பெயரை ஆக்கிப் பார்த்தார். அஃது ஏட்டு வழக்காய் ஒலித்தது. தூரிகையை வாயில் கவ்வியவாறு படம் தீட்டிக்கொண்டிருந்த யோசெஃப், 'ரோபோத்' எனப் பெயரிடுமாறு முணுமுணுத்தாராம். சொல்லை ஆக்கியவர் தாமல்லர், தமையனாரே என்று காரெல் 1933-இல் செய்தித்தாளில் எழுதித் தெளிவுபடுத்தினார். புகழைப் பங்கிட்டுக்கொள்ளாமல் முழுதும் கொடுத்துவிட்ட எழுத்தாளர் அரியர்.

செக் மொழியில் 'ரோபோத்தா' என்பது, குடியானவன் நிலக்கிழாரின் நிலத்தில் கூலியின்றிச் செய்து தீர வேண்டிய கட்டாய உழைப்பு. ஆப்சுபர்க்குப் பேரரசில் இக்கொடுமை 1848-இல்தான் ஒழிந்தது. ஆகவே 1921-இல் பிராகு அரங்கில் நாடகம் கண்டோர்க்கு அது பாட்டன்மார் பட்ட துயரின் பெயர். சோழர் கல்வெட்டுகளில் பயிலும் 'வெட்டி' என்னும் சொல்லும் இத்தகைய கூலியில்லா உழைப்பையே சுட்டும். இன்றோ 'வெட்டி வேலை' என்றால் பயனற்ற வேலை. உழைத்தவன் பெறாத கூலி சொல்லின் பொருளிலிருந்தும் மறைந்துவிட்டது.

ரோபோத்தாவுக்கும் அதுவே நேர்ந்தது. சாப்பெக்கின் ரோபோக்கள் இரும்பால் ஆனவை அல்ல. உயிர்ப்பொருளை ஒத்த செயற்கைக் கலவையால் வார்க்கப்பட்டு, மனிதரைப் போலவே தோன்றுபவை. இறுதியில் எசமானரை எதிர்த்து எழுபவை. 1922-இல் நியூயார்க்கிலும் 1923-இல் இலண்டனிலும் நாடகம் நடிக்கப்பட்டபின் சொல் ஆங்கிலத்தில் நிலைத்தது. ஆங்கிலச் செவிக்கு அதனுள் இருந்த அடிமைத் துயர் கேட்கவில்லை. நாளடைவில் உலோகப் பொறியே பொருளாயிற்று. நாம் 'எந்திரன்' என மொழிபெயர்த்ததும் இப்பிற்காலப் பொருளையே. 'வெட்டியாள்' என்றிருப்பின் மூலத்திற்கு அணுக்கமாயிருந்திருக்கும். எவர் ஏற்பர் என்பது வேறு.

இச்சொல்லின் வேர் இன்னும் ஆழமானது. ரோபோத்தா, பழைய சிலாவிய மொழியில் அடிமையைக் குறித்த அடியினின்று தோன்றியது. தாய்தந்தையரை இழந்தவரைக் குறிக்கும் 'ஆர்ஃபன்' என்னும் ஆங்கிலச் சொல்லும், உழைப்பைக் குறிக்கும் 'ஆர்பைட்' என்னும் செருமானியச் சொல்லும் அதற்கு உறவு என்பர் மொழிநூலார்.

காரெல் 1938 டிசம்பர் 25-இல் மறைந்தார். நாசிகளை எள்ளிப் படம் வரைந்த யோசெஃப், போர் மூண்ட 1939 செப்டம்பர் 1-ஆம் நாளே சிறைப்பட்டார். டாக்காவ், புக்கன்வால்டு, சாக்சன்ஹவுசன், பெர்கன்-பெல்சன் எனச் சிறைமுகாம்கள் தொடர்ந்தன. இவற்றுள் டாக்காவ், சாக்சன்ஹவுசன் முகாம்களின் இரும்பு வாயில்களில், உழைப்பு விடுதலை தரும் என்னும் பொருள்பட ஒரு தொடர் பொறிக்கப்பட்டிருந்தது. அதன் முதற்சொல் 'ஆர்பைட்'. சிறையிலும் அவர் கவிதை எழுதினார். 1945 ஏப்ரலில் பெர்கன்-பெல்சனில் இறந்தார். இறந்த நாள் இன்னதெனத் தெரியவில்லை, உடலும் கிடைக்கவில்லை. சிறையில் எழுதிய கவிதைகள் 1946-இல் நூலாயின.