வராமல் போன கால் வோல்ட்

மின்னோட்டத்தை மின்தடையால் பெருக்கினால் மின்னழுத்தம். ஐந்தாம் படிவத்தில் இதைப் படித்தபோது, இதில் வரலாறு என்ன இருக்கப்போகிறது என்றுதான் நினைத்தேன்.

பல்கலைக்கழக லெப்பில் 1.5 வோல்ட் பேட்டரியோடு 2.5 ஓம் மின்தடையை இணைத்தோம். ஓட்டம் 0.5 ஆம்பியர். பெருக்கினால் 1.25 வோல்ட்தான் வருகிறது. மீதி கால் வோல்ட் எங்கே போச்சு? யாரையும் கேட்கவில்லை. விடை 1.5 வரும்படி ஓட்டத்தை 0.6 என்று மாற்றி எழுதினேன். முழு மதிப்பெண்!

ஜார்ஜ் சைமன் ஓம் 1789இல் ஜெர்மனியின் எர்லாங்கனில் பிறந்தவர், பூட்டுத் தொழிலாளியின் மகன். கொலோனில் பள்ளி ஆசிரியராக இருந்துகொண்டே சோதனைகள் செய்தார். அவருடைய வோல்ட்டா மின்கல அடுக்கு ஒரு நிலையில் நிற்காது. அதை வைத்து 1825இல் அவர் வெளியிட்ட சூத்திரம் மடக்கையில் அமைந்தது. தப்பான சூத்திரம்.

இதழாசிரியர் பொக்கெண்டார்ஃப், வெப்ப மின்னிரட்டையை முயன்று பார்க்கச் சொன்னார். பிஸ்மத்தும் செம்பும் சேரும் இரண்டு இடங்களில் ஒன்று கொதிநீரில், மற்றொன்று பனிக்கட்டியில். நீர் கொதிக்கும்வரை, பனி உருகி முடியாதவரை வெப்ப வித்தியாசம் மாறாது; மின் உந்துதலும் மாறாது. எவ்வளவு எளிமை பாருங்க! வெவ்வேறு நீளத்தில் எட்டுச் செம்புக் கம்பிகளை மாற்றி மாற்றி இணைத்து, தொங்கும் காந்த ஊசியின் விலகலைக் கொண்டு ஓட்டத்தை அளந்தார். 1826இல் வந்த புதுச் சூத்திரத்தில் கம்பியின் நீளத்தோடு இன்னொரு எண்ணும் கூட்டப்பட்டிருந்தது. சுற்றின் மற்ற பகுதிகளின் மின்தடை அது. என் பேட்டரிக்குள்ளேயே இருந்த 0.5 ஓம் மாதிரி. காணாமல் போன கால் வோல்ட் அங்கேதான் இருந்திருக்கிறது.

1827இல் வந்த அவர் புத்தகத்துக்குச் சொந்த நாட்டில் வரவேற்பு இல்லை, வேலையையும் விட்டார். லண்டன் ராயல் சொசைட்டி 1841இல் கோப்ளி பதக்கம் கொடுத்தது. மூனிக்கில் பேராசிரியர் பதவி 1852இல்தான் வந்தது. இரண்டே வருடத்தில் இறந்துவிட்டார்.

ஆனால் இங்கிலாந்தில் ஹென்றி கேவண்டிஷ் 1781இலேயே இந்த உறவைக் கண்டிருந்தார். மீட்டர் கிடையாது. உப்புநீர்க் குழாய்கள் வழியாக மின்சாரத்தைத் தன் உடம்பில் வாங்கி, அதிர்ச்சியின் அளவை ஒப்பிட்டுக் குறித்து வைத்திருக்கிறார். வெளியே சொல்லவே இல்லை. மாக்ஸ்வெல் அந்தக் குறிப்புகளை அச்சில் கொண்டுவந்தது 1879இல். ஓம் இறந்து அப்போது 25 வருடம்.